ரஷ்யாவுக்காக ஒரு சாவு

படம் தொடங்கும் முன்பே அப்பா தீர்ப்பு எழுதிவிட்டார் என்பது அவர் உட்கார்ந்திருந்த விதத்திலேயே தெரிந்தது. கோட்டைக்கூடக் கழற்றவில்லை. கோபன்ஹேகன் துறைமுகத்தில் மீன் விற்கிறவர். மீனைப் போலவே மனுஷனையும் கண்ணைப் பார்த்தே எடைபோட்டுவிடலாம் என்று அவருக்கு நினைப்பு. எங்கள் இருவருக்கும் நடுவில், நான் கட்டிக்கொள்ள நினைக்கிற நடிகன் தோர்கில், இரவல் வாங்கிய கழுத்துப்பட்டையோடு.

"ஏம்ப்பா, இதுலயாவது உனக்கு ஏதாச்சும் வேலை இருக்கா?"

"இருக்குங்க. கதவு தெறக்கறேன்."

"அதை எங்க வீட்டுப் பூனையே பண்ணுமே!"

தோர்கில் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்தப் படத்தைப் பார்த்துவிட்டுத்தான் கல்யாணத்துக்குச் சரி, இல்லை என்று சொல்வேன் என்றிருந்தார் அப்பா. அவர் வாயிலிருந்து சரி என்று வராமல் நான் வீட்டைவிட்டுக் கிளம்பப்போவதில்லை. இவனை விடவும் எனக்கு மனமில்லை.

ஸ்டூடியோவில் படச்சுருள் ஒட்டுகிற எனக்குத் தெரிந்தது அப்பாவுக்குத் தெரியாது. எங்கள் ஊர்க்காரர்களுக்குப் படம் கல்யாணத்தில் முடிய வேண்டும். ரஷ்யர்களுக்கோ யாராவது சாகாவிட்டால் படம் பார்த்த மாதிரியே இருக்காது. அதனால் ஒரே ஊமைப்படத்துக்கு இரண்டு முடிவு எடுப்போம். கதாநாயகனாக நடிப்பவரோ, சாவதுபோல் நடிப்பது அபசகுனம் என்று சொல்லி மத்தியானமே காரில் ஏறிப் போய்விடுவார். ஆகவே ரஷ்யாவுக்காக வேலைக்காரன் சாவான். தோர்கில் எத்தனையோ விதமாகச் செத்திருக்கிறான். பனியில், வெள்ளத்தில், எஜமானுக்காக விஷம் குடித்து. அந்தத் துண்டுகளை ஒட்டும் முன் ஒவ்வொன்றையும் விளக்கில் பிடித்துப் பார்ப்பேன். எல்லாம் பெட்டியில் ஏறி எல்லை தாண்டிவிடும். உள்ளூரில் அவன் வெறும் கதவு திறக்கிறவன்.

கடைசிச் சுருள் ஓட ஆரம்பித்தது. தேவாலயம் வரவேண்டிய இடத்தில் ரஷ்ய எழுத்தில் ஒரு வசன அட்டை வந்தது. பெட்டி மாறிப்போயிருந்தது!

திரையடியில் வாசிக்கும் பியானோக்காரர் கல்யாண மெட்டைத் தொடங்கிவிட்டு, தலையை நிமிர்த்தித் திரையைப் பார்த்து, பதறிப்போய் நிறுத்தினார். அங்கே தோர்கில் எஜமானுக்கு வந்த குண்டைத் தன் மார்பில் வாங்கியிருந்தான். விழுவதற்கு முன் எஜமானின் கசங்கிய காலரை நீவிவிட்டான். பிறகுதான் முழங்கால் மடங்கியது. அரங்கில் யாரோ மூக்கைச் சிந்தினார்கள். பார்த்தால், என் அப்பா!

விளக்கு எரிந்ததும் அவர் திரும்பி, பக்கத்தில் இருந்த தோர்கிலின் மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்தார்.

"சூடாத்தான் இருக்கு," என்றார் என்னிடம்.

"ஐயோ, செத்தவன் இங்க இருக்கான்டி!" என்று பின்வரிசையில் ஒரு பெண் கத்தினாள். அவ்வளவுதான், கூட்டம் எங்களை அப்படியே வாசலுக்குத் தள்ளிக்கொண்டு போனது. பீட்டர்ஸ்பர்க்கில் இந்நேரம் கல்யாண முடிவைப் பார்த்துவிட்டு எத்தனை பேர் நாற்காலியை உடைக்கிறார்களோ என்று நினைத்தேன். சந்தோஷத்தில் எனக்குத் தலைகால் புரியவில்லை.

வெளியே ஈரத் தெருவில் அப்பா அவனை நிறுத்திவைத்தார்.

"இன்னொரு வாட்டி பண்ணு."

"எதைங்க?"

"அதான்... செத்தியே. நான்தான் எஜமான்னு வச்சுக்க."

மீன் வாடை அடிக்கும் அந்தக் கோட்டின் காலரைத் தோர்கில் மெல்ல நீவிவிட்டான். அவன் கண்ணில் வெளிச்சம் அடங்குவதை நான் பார்த்தேன். ஒவ்வொரு துண்டையும் ஒட்டியவள், எல்லாம் பொய் என்று தெரிந்தவள், நானே அவனைப் பிடிக்க ஓரடி எடுத்துவைத்தேன். முழங்கால் மடங்கிச் சரிந்தவனை அப்பா இரு கையாலும் தாங்கி, சேற்றையும் பார்க்காமல் தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"டேய், கண்ணைத் தெறடா! எம் பொண்ணுக்கு நான் என்ன பதில் சொல்லுவேன்? மாப்ளே! மாப்ளே!"

அப்பாவின் மடியில் கிடந்த பிணம் ஒற்றைக் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தது.