மேலுவும் கீழுவும் போன மச்சான் டேட்

லிஃப்ட் கம்பெனியில் புகார் போன்களை எடுக்கும் பெண்தான் அவனுக்கு மேலு என்று பெயர் வைத்தாள். அவனோடு ஜோடியாக வேலை பார்ப்பவனுக்குக் கீழு என்று வைத்ததும் அவளேதான். கட்டடத்தின் உச்சியில் இருக்கும் மோட்டார் அறைக்கு எப்போதும் போவது மேலு. லிஃப்டுக்கு அடியில், தரைக்கும் கீழே இருக்கும் குழியில் எப்போதும் இறங்குவது கீழு. நடுவில் பத்து மாடி இருக்கும், சில சமயம் பதினைந்து இருக்கும். பேசிக்கொள்ள ஆளுக்கொரு வாக்கி டாக்கி. அதில் ஒருவரையொருவர் 'மேலே', 'கீழே' என்றுதான் கூப்பிட்டுக்கொள்வார்கள்.

அந்த வேலையில் ஒரு கண்டிப்பு உண்டு. ஒருவன் சொன்னதை மற்றவன் திருப்பிச் சொல்லாமல் லிஃப்ட் ஒரு அங்குலம்கூட நகரக் கூடாது.

"மெதுவா இறக்கறேன்."

"மெதுவா இறக்கு."

இப்படிப் பதினோரு வருடம் ஓடியிருந்தது. இறக்குவதற்கும் ஏற்றுவதற்கும் நடுவில் அவர்கள் பேசாத பேச்சில்லை. கீழுவின் வீட்டுக் கூரை ஒழுகியது, மேலுவின் மாமனார் ஆஸ்பத்திரியில் நர்ஸோடு சண்டை போட்டது, கீழுவின் பெண் கராத்தே கற்றுக்கொண்டு வந்து அப்பாவைத்தான் முதலில் கீழே தள்ளியது என்று எல்லாக் கதையும் லிஃப்ட் ஓடும் அந்த இருட்டுக் குழாய் வழியாக ஏறி இறங்கியிருக்கிறது. ஆனால் இருவரும் சேர்ந்து உட்கார்ந்து ஒரு வேளை சாப்பிட்டதில்லை. திறந்து வைத்த லிஃப்டை ஆளில்லாமல் விடக் கூடாது என்பதால் ஒருவன் சாப்பிடும்போது மற்றவன் காவல் இருப்பான். காலையில் அவனவன் வண்டியில் வருவார்கள், சாயங்காலம் அவனவன் வண்டியில் போவார்கள்.

ஒரு திங்கட்கிழமை காலை, கீழு குழிக்குள்ளிருந்து சொன்னான். "இந்த வெள்ளிக்கிழமையோட எனக்கு இங்க கடைசி. ஊருக்கு அந்தக் கோடியில புதுக் கிளை திறக்கறாங்கல்ல, என்னை அங்க போடறாங்க."

மேலுவுக்குக் கையிலிருந்த ஸ்பேனர் கனத்தது. ஆனாலும் பழகிய வாய் தன்பாட்டில் பதில் சொன்னது. "உன்னை அங்க போடறாங்க."

அன்று அதற்குமேல் இருவரும் வேலைக்கு வேண்டியதை மட்டும் பேசினார்கள்.

வீட்டில் மேலுவின் முகத்தைப் பார்த்ததுமே மனைவி கண்டுபிடித்துவிட்டாள். மருந்துக் கடையில் வேலை பார்ப்பவள். கவுன்டருக்கு அந்தப் பக்கம் நிற்பவருக்குத் தலைவலியா வயிற்றுவலியா என்று அவர் வாயைத் திறக்கும் முன்பே சொல்லிவிடுவாள். விஷயத்தைக் கேட்டு அவள் ஏதோ சொல்ல வருவதற்குள், சாப்பாட்டுத் தட்டிலிருந்து தலையைத் தூக்கினான் அவள் தம்பி. போன் கடையில் விற்பனையாளன். திங்கட்கிழமைகளில் அக்கா கையால் சாப்பிட வந்துவிடுவான்.

"இதுக்கு ஏன் மாமா இப்படி உட்கார்ந்திருக்கீங்க? அவரை ஒரு மச்சான் டேட்டுக்குக் கூப்பிடுங்க."

"என்னது?"

"ரெண்டு ஆம்பளைங்க, ரெண்டே ரெண்டு பேர், வெளிய போய் உட்கார்ந்து சாப்பிட்டுப் பேசிட்டு வர்றது. அதுக்குப் பேருதான் மச்சான் டேட்."

மேலு மனைவியைப் பார்த்தான். அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு குழம்புக் கிண்ணத்தைத் தள்ளி வைத்தாள். "கல்யாணத்துக்கு முன்னாடி என்னையே இவர் ஒருநாள் வெளிய கூட்டிட்டுப் போனதில்ல. இப்போ டேட்டா?"

"அது வேற, இது வேற அக்கா. நாலு பேரா போனா அது வெறும் செட்டு. மேட்ச் பார்க்கப் போனா அது மேட்ச். வண்டி ரிப்பேருக்குத் துணைக்குப் போனா அது உதவி. எந்தக் காரணமும் இருக்கக் கூடாது. காரணம் வந்தா டேட் கெட்டுப்போச்சு."

"நீ போயிருக்கியா?"

"போனேன். அவன் கடைசி நேரத்துல அவன் ஆளையும் கூட்டிட்டு வந்துட்டான். ரெண்டு மணி நேரம் நான் தண்ணி ஜாடிகிட்டதான் பேசினேன்."

"எங்களுக்கெல்லாம் இந்தப் பேரே தேவையில்ல," என்றாள் மனைவி. "நானும் எதிர்வீட்டு அக்காவும் போனா கடைக்குப் போனோம்னு சொல்லுவோம். கடைக்கே போகாம திரும்பி வருவோம்."

"ஆம்பளைங்களுக்குப் பேரு வெச்சாதான் அக்கா தைரியம் வருது. அதுவும் அந்தப் பேரை மத்தவங்கதான் கிண்டலுக்குச் சொல்லணும். போற ரெண்டு பேரும் வாயைத் திறந்து சொன்னா அசிங்கம்."

மேலு சிரிக்கவில்லை. அவனுக்கு உள்ளே ஒரு பயம் உட்கார்ந்திருந்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் வாக்கி டாக்கியை ஆபீசில் ஒப்படைத்துவிட்டால் அதோடு கீழுவையும் ஒப்படைத்த மாதிரிதான். அவனிடம் வேறு எப்படிப் பேசுவது என்று மேலுவுக்குத் தெரியாது. போனில் அவனுக்கு அனுப்பியதெல்லாம் 'வந்துட்டேன்', 'சாவி வாட்ச்மேன்கிட்ட' என்ற இரண்டு வரிதான். நண்பன் என்று கைகாட்ட இந்த நாற்பத்திரண்டு வயதில் வேறு யாரும் இல்லை.

செவ்வாய்க்கிழமை முழுக்க அந்த அழைப்பை வாயில் வைத்து மென்றுவிட்டு, புதன்கிழமை ஒரு வங்கிக் கட்டடத்தின் மோட்டார் அறையில் பட்டனை அழுத்தினான்.

"கீழே."

"சொல்லு மேலே."

"சனிக்கிழமை மதியம் சாப்பிடப் போலாமா?"

"எதுக்கு?"

"எதுக்கும் இல்ல."

"வீட்ல யாருக்காவது உடம்பு சரியில்லையா?"

"எல்லாரும் நல்லா இருக்காங்க."

"வீட்ல சண்டையா?"

"இல்லய்யா. நாம ரெண்டு பேர் போய் சாப்பிடலாம்னு கேட்டேன்."

"என் வீட்டுக்காரியையும் கூட்டிட்டு வரணுமா?"

"வேண்டாம். நானும் கூட்டிட்டு வரல."

மேலு வாக்கி டாக்கியைக் காதோடு ஒட்டி வைத்துக்கொண்டான். கடைசியில், லிஃப்டை இறக்கும் கட்டளையைத் திருப்பிச் சொல்லும் அதே குரலில் கீழு சொன்னான். "சனிக்கிழமை. மதியம். சாப்பாடு. ரெண்டு பேர்."

"ஆமா," என்றான் மேலு. மூச்சு வந்தது.

சனிக்கிழமை மனைவி நீலச் சட்டையைத் தேய்த்து வைத்திருந்தாள். தம்பி போனிலேயே தலைமுடியை எப்படி வாருவது என்று யோசனை சொன்னான். அக்காளும் தம்பியும் பண்ணிய கேலியில் மேலு கால் மணி நேரம் முன்னதாகவே வீட்டை விட்டு ஓடிவந்துவிட்டான்.

முதல் மாடியில் இருந்த சாப்பாட்டுக் கடையில், ஜன்னலோர மேஜையில் கீழு ஏற்கெனவே உட்கார்ந்திருந்தான். புதுச் சட்டை. கடையில் மடித்து வைத்த கோடுகள்கூடப் போகவில்லை. ஹெல்மெட் இல்லாமல், கிரீஸ் இல்லாமல், நல்ல வெளிச்சத்தில் அவனைப் பார்த்தபோது யாரோ தெரிந்தவரின் அண்ணனைப் பார்ப்பது போலிருந்தது. மீசையில் அவ்வளவு நரை என்று மேலுவுக்கு இதுவரை தெரியாது.

"வந்துட்டியா."

"வந்துட்டேன்."

அவ்வளவுதான். அதற்குமேல் நாக்கு ஒட்டிக்கொண்டது. இருவரும் மெனு அட்டையை ரேஷன் கடை விலைப்பட்டியல் படிப்பது போலப் படித்தார்கள். சர்வர் வந்தார்.

"இன்னும் யாராவது வரணுமா சார்?"

"இல்ல," என்று இருவரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள். சர்வர் ஒரு அடி பின்னால் போனார்.

சூப் வந்தது. குடித்தார்கள். "சூடா இருக்கு" என்றான் மேலு. "சூடாதான் இருக்கு" என்றான் கீழு. பக்கத்து மேஜையில் இரண்டு பெண்கள் ஒருத்தி சொல்லி முடிக்கும் முன்பே மற்றவள் ஆரம்பிக்கும்படி பேசிக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குப் பேச்சு எங்கிருந்துதான் வருகிறதோ என்று மேலுவுக்கு ஆற்றாமையாக இருந்தது. கண்ணுக்கு நேரே ஒரு முகம் இருந்தால் எங்கே பார்ப்பது என்றே அவனுக்குப் புரியவில்லை. உப்பு டப்பாவைப் பார்த்தான். கீழுவும் அதையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"என் பொண்ணு இதுக்கு என்னமோ பேரு சொன்னா," என்று கீழு மெல்ல ஆரம்பித்தான்.

"சொல்லாத. என் மச்சினனும் சொன்னான்."

"சரி, சொல்லல."

இருவரும் மிச்ச சூப்பை வழித்துக் குடித்தார்கள். பதினோரு வருடம் பேசியது வாக்கி டாக்கிதான் போலிருக்கிறது, நாங்கள் இல்லை என்று மேலு நினைத்துக்கொண்டான். இந்தச் சாப்பாடு முடிந்து கைகுலுக்கிப் பிரிந்தால், தெருவில் பார்த்தால் தலையாட்டும் இரண்டு பேராக ஆகிவிடுவார்கள்.

கீழு சட்டென்று எழுந்தான். "வண்டியைப் பூட்டினேனான்னு சந்தேகமா இருக்கு. பார்த்துட்டு வந்துடறேன்."

போனவன் வரவில்லை. சாப்பாடு வந்துவிட்டது. நழுவிவிட்டான் போலிருக்கிறது என்று மேலு நினைத்த நேரத்தில் போன் அடித்தது.

"மேலே."

மேலு தன்னையறியாமல் நிமிர்ந்து உட்கார்ந்தான். "சொல்லு கீழே."

"வண்டி பூட்டித்தான் இருக்கு."

"சரி."

"அந்த சர்வர் என்னய்யா, நாம ஏதோ பேங்க்ல கொள்ளையடிக்கத் திட்டம் போடற மாதிரி பார்க்கறான்?"

மேலுவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. "உன் சட்டையைப் பார்க்கறான்யா. அட்டையை உருவாமலே போட்டுட்டு வந்திருக்க."

"அட்டையை உருவிட்டேன். ஊசி ஒண்ணு மட்டும் உள்ள இருக்கு. அதான் நிமிர்ந்தே உட்கார்ந்திருந்தேன்."

ஜன்னல் வழியாகக் கீழே பார்த்தான் மேலு. வண்டி நிறுத்தும் இடத்தில், தன் வண்டியில் சாய்ந்துகொண்டு, முதுகைக் காட்டி நின்று பேசிக்கொண்டிருந்தான் கீழு. சட்டை ஊசி, சூப், பெண்ணின் கேலி என்று பேச்சு பழைய வேகத்துக்கு வந்தது. பிறகு கீழுவின் குரல் தணிந்தது.

"மேலே, ஒண்ணு சொல்லணும். என்னை அங்க யாரும் போடல. நானே கேட்டு வாங்கினேன்."

மேலு திருப்பிச் சொல்லவில்லை.

"முட்டி போச்சுய்யா. டாக்டர் இனிமே குழியில இறங்கக் கூடாதுன்னுட்டார். அங்க மேஜை வேலை. போன் எடுக்கணும், ஆளை அனுப்பணும்."

"எத்தனை நாளா வலி?"

"ஒரு வருஷமா."

"ஒரு வருஷம் எங்கிட்ட சொல்லல."

"சொன்னா நீ என்ன பண்ணுவ?"

"நான் குழியில இறங்கியிருப்பேன். நீ மேல போயிருக்கலாம்."

"அதான் சொல்லல. குழியில நின்னா உனக்கு மூச்சு முட்டும். முதல் வருஷம் ஒரு தடவை இறங்கிட்டு, முகமெல்லாம் வெளுத்துப் போய் ஏறினியே, எனக்கு மறக்குமா? நீயும் சொல்லல, நானும் கேக்கல. அன்னிக்குலேருந்து நான்தான் கீழே."

கீழுவுக்கு இருட்டும் குளிர்ச்சியும் பிடிக்கும், அதனால்தான் எப்போதும் முந்திக்கொண்டு இறங்குகிறான் என்று மேலு இத்தனை வருடம் நம்பியிருந்தான். சர்வர் தண்ணீர் ஊற்ற வந்து, அவன் முகத்தைப் பார்த்துவிட்டு ஊற்றாமலே போனார்.

"மேலே, இருக்கியா?"

"இருக்கேன். சாப்பாடு ஆறுது. மேல வா."

"மேல வர்றேன்."

ஒவ்வொரு படியாகக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு கீழு ஏறி வந்தான். எதிர்ப் பெஞ்சில் உட்காரவில்லை. மேலு நகர்ந்து இடம் விட்டான். தோளோடு தோள் இடிக்க, இருவரும் ஜன்னலைப் பார்த்தபடி உட்கார்ந்து சாப்பிட்டார்கள். தெருவில் போகிறவர்களைப் பற்றிப் பேசினார்கள். மேலு அவனை ஒரு மூச்சு திட்டவும் திட்டினான். "முட்டி வலிச்சா வாயில சொல்லணும். இனிமே மறைச்சா, உன் பொண்ணுகிட்ட சொல்லி இன்னொரு தடவை தள்ளிவிடச் சொல்லுவேன்." கீழு மீன் முள்ளை எடுத்துக்கொண்டே தலையாட்டினான்.

கைகழுவி வந்தபோது மணி மூன்று. படியிறங்கிவிட்டு இருவரும் வண்டிகளுக்கு நடுவில் நின்றார்கள். கிளம்ப வேண்டியதுதான். யாரும் சாவியை எடுக்கவில்லை.

"மேஜை வேலைக்குக் கண்ணாடி வேணும்னு சொல்லிட்டாங்க," என்றான் கீழு. "பக்கத்து தெருவுலதான் கடை. என் வீட்டுக்காரி எதைப் போட்டாலும் நல்லா இருக்குங்கறா. பொண்ணு எதைப் போட்டாலும் சிரிக்கறா. நீ வந்து பார்த்து நிஜத்தைச் சொல்றியா?"

"வர்றேன்," என்றான் மேலு. காரணம் வந்துவிட்டால் கெட்டுப்போகும் என்று மச்சினன் சொன்னது ஞாபகம் வந்தது. கெட்டால் கெடட்டும் என்று நடந்தான்.

கண்ணாடிக் கடைப் பெண் தட்டுத் தட்டாக எடுத்து வைத்தாள். ஒவ்வொன்றாக மாட்டிக்கொண்டு கீழு அவன் பக்கம் திரும்பினான். இப்போது மேலு முகத்தைப் பார்த்துத்தான் ஆக வேண்டியிருந்தது. பார்த்தான்.

"இது?"

"கடுகடுன்னு வாத்தியார் மாதிரி இருக்க. கழட்டு."

"இது?"

"ஆந்தை."

"இது?"

"உன் மாமியார்."

கடைப் பெண் திரும்பி நின்று சிரித்தாள். அப்போது மேலுவின் போன் அடித்தது. மனைவி.

"என்னங்க, உங்க டேட் இன்னும் முடியலையா? என் தம்பி வேற வந்து உட்கார்ந்திருக்கான், கதை கேட்கணுமாம்."

"முடியல. அவனைச் சாப்பிட்டுப் போகச் சொல்லு," என்று வைத்துவிட்டு, மேலு தானே தட்டிலிருந்து ஒன்றை எடுத்தான். மெல்லிய பழுப்புச் சட்டம். கீழு மாட்டிக்கொண்டு திரும்பினான். நரைத்த மீசைக்கும் குழியில் சுருங்கிப் பழகிய கண்களுக்கும் அது அழகாகப் பொருந்தியிருந்தது. மேலு தலையைச் சாய்த்துப் பார்த்துக்கொண்டே நின்றான்.

"என்னய்யா, அவ்ளோ மோசமா?"

"இல்ல. இதுதான். இதையே எடுத்துக்கோ."

கடைப் பெண் சீட்டு எழுதினாள். "லென்ஸ் போட்டு ரெடியாக ஒரு வாரம் ஆகும் சார். வீட்டுக்கு அனுப்பிடட்டுமா?"

"வேண்டாம்மா," என்றான் கீழு, மேலுவிடம் ஒரு வார்த்தை கேட்காமலே. "அடுத்த சனிக்கிழமை நாங்க ரெண்டு பேரும் வந்து வாங்கிக்கறோம்."

"சனிக்கிழமை," என்றான் மேலு. "ரெண்டு பேரும்."