மருதப்பனின் எலிப் பூசை

மருதப்பன் பழைய மோரிஸ் மைனர் கார் வாங்கியதில் சிங்கப்பூர் சிராங்கூன் ரோடே கண் வைத்ததோ என்னவோ, கராஜுக்குள் சுண்டெலி குடியேறிவிட்டது. சீட்டைக் குதறி, பஞ்சை இழுத்துப் போட்டுக் குடும்பமே நடத்தியது. ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளையின் அம்மா அன்னம்மா பெண் பார்க்க வருகிறாள். பிடித்துவிட்டால் இதே காரில் மாரியம்மன் கோயிலுக்குப் போய்ப் பூக்கட்டிப் பார்த்துச் சாமி உத்தரவு கேட்பதாகப் பேச்சு. மகள் கண்மணிக்கு ஏற்கெனவே இரண்டு வரன் தட்டிப்போயிருந்தது. இதுவும் போனால்? மனுஷனுக்குச் சோறு இறங்கவில்லை.

எலிப்பொறி வைக்கலாம் என்றாள் மனைவி மங்களம்.

"ஐயையோ! பிள்ளையாரோட வாகனத்தையா கொல்லச் சொல்றே? கல்யாணப் பேச்சு நடக்கிற வீடுடி!"

கொல்லாமல் விரட்ட அவர் கண்டுபிடித்த வழி இருக்கிறதே, அடடா! தினமும் சாயங்காலம் காருக்குச் சந்தனம் குங்குமம் வைத்து, முன்னால் பொரி, கடலை, வெல்லம் பரப்பி, "அப்பனே, உன் வாகனத்தை நீ ஓட்டிக்கிட்டுப் போ, என் வாகனத்தை விட்டுடு" என்று தோப்புக்கரணம் போட்டார். படைத்ததை அங்கேயே விட்டுவிட்டு வருவார். காலையில் ஒரு பொரி மிச்சம் இருக்காது. சாமியே சாப்பிட்டுவிட்டார் என்று பூரித்துப்போனார். என்னத்தைச் சொல்ல!

"விருந்து வெச்சு எவனாவது விரட்டுவானா?" மங்களம் தலையில் அடித்துக்கொண்டாள். "ஊர் எலியெல்லாம் இங்கதான் இருக்கு லா!"

ஞாயிறு வந்தது. அன்னம்மாவுக்குப் பெண்ணைப் பிடித்துப்போனது. அன்னம்மாவை முன்னால் மருதப்பன் பக்கத்தில் உட்காரவைத்து, மங்களமும் கண்மணியும் பின்னால் ஏறிக்கொண்டார்கள். சவுத் பிரிட்ஜ் ரோட்டில் திரும்பும்போது சீட்டுக்குள்ளிருந்து மூன்று சுண்டெலிகள் எட்டிப் பார்த்தன. அதில் ஒன்று நிதானமாக அன்னம்மாவின் பட்டுப்புடவை மடியில் ஏறி உட்கார்ந்து மீசையைத் துடைத்துக்கொண்டது.

மருதப்பன் பிரேக்கை மிதித்தார். போச்சு, எல்லாம் போச்சு! காரை ஓரங்கட்டினார்.

அன்னம்மா அலறவில்லை. கண்ணை மூடிக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"பிள்ளையாரே உத்தரவு கொடுத்துட்டார். இனிமே பூக்கட்டிப் பார்க்கிறது எதுக்கு? தை மாசம் கல்யாணம். அதுவரைக்கும் இதுங்கள்ல ஒண்ணுகூடக் குறையக் கூடாது சம்பந்தி. நல்லா கவனிச்சுக்கங்க."

"தை மாசமா? இப்ப ஆவணிதானேம்மா! அதுக்குள்ள கராஜ் நிறையப் பெருகி, வீட்டுக்குள்ள வந்து, எங்களையே வெளியே..."

பின்னாலிருந்து கண்மணி அவர் முதுகில் நறுக்கென்று கிள்ளினாள்.

"பெருகட்டும்பா! எனக்குக் கல்யாணம் ஆனா போதும். வாயை மூடிக்கிட்டு வண்டியை எடுங்க."