தழை போடும் நேரம்

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் இருக்கும் என்பது என்னிடம் துணி தைக்கக் கொடுக்கிற எல்லோருக்கும் தெரியும். வாயும் ஓயாது. குண்டூசியை உதட்டில் கடித்துக்கொண்டே பேசுகிற ஆள் நான். இவர் அப்படியே நேர்மாறு. லிப்ட் மெக்கானிக்காக இருந்தவர். உயரமான கட்டடங்களின் உச்சியில், மோட்டார் அறைக்குள் தனியாகக் கிடந்தே ஆயுசில் பாதி போயிற்று. பேச்சு வராது, ஆனால் கேட்பார். சாயங்காலம் வந்து உட்கார்ந்தாரென்றால் அன்றைய கதையை எல்லாம் நான் கொட்டுவேன். ஒன்று விடாமல் கேட்டுவிட்டு, கடைசியில், "அந்தக் கை நீளமா போன சட்டை என்னாச்சு?" என்பார். எங்கள் குடித்தனமே அதில்தான் ஓடியது.

அது நின்று ஒரு வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. வேலையிலிருந்து ஓய்வு பெற்று வீட்டோடு வந்தபிறகு மனுஷர் இன்னும் நிறையக் கேட்பார் என்று ஆசைப்பட்டேன். என்ன சொன்னாலும் "ம்" என்றார். எதிர் வீட்டு டீச்சரம்மா படிக்கட்டில் உருண்டு காலை உடைத்துக்கொண்டார் என்று நான் பதறிப்போய் வந்து சொன்னால், செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்காமல், "நல்லது நல்லது" என்கிறார். சில சமயம் "என்ன?" என்று கேட்பார். சொன்னதையே திரும்பச் சொல்ல எனக்குப் பொறுமை ஏது? "ஒண்ணுமில்ல, விடுங்க" என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போய்விடுவேன். கொஞ்ச நாளில் அந்த "என்ன?"வும் நின்றுபோனது. இவருக்கு என் பேச்சு புளித்துவிட்டது, நானே புளித்துவிட்டேன் என்று முடிவு கட்டினேன். ராத்திரி சாப்பாட்டில் கரண்டிச் சத்தம் மட்டும்தான் கேட்கும். சுவரோடு குடித்தனம் நடத்த யாரால் முடியும்?

வெளியூரில் இருக்கிற மகளிடம் போனில் அழுதேன். "இங்கயே வந்துடும்மா, ஒரு ரூம் சும்மாதான் கிடக்கு" என்றாள். சரி என்றுவிட்டேன். ஒரு மாதம் இருந்துவிட்டுத் திரும்புகிற போக்கு இல்லை. தையல் மெஷினையும் கொண்டுபோவதாகத்தான் இருந்தேன். அலமாரியிலிருந்த என் புடவைகள் பெட்டிக்குள் போயாயிற்று. இவரிடம் சொல்வது ஒன்றுதான் பாக்கி. தினமும் காலையில் சொல்லிவிடலாம் என்று எழுந்திருப்பேன், தினமும் விட்டுப்போகும்.

இதற்கு நடுவில்தான் அந்த ரொட்டி மெஷின் வந்தது. அப்பாவுக்குப் பொழுது போகட்டும் என்று மகள் அனுப்பியிருந்தாள். பார்க்க ஒரு சின்னப் பெட்டிதான். உள்ளே ஒரு ஏனம், ஏனத்தின் அடியில் மாவு பிசைய ஒரு தகடு, அதைச் சுற்றுகிற மோட்டார். மோட்டார் என்றதும் இவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே! பழைய சிநேகிதன் வீடு தேடி வந்த மாதிரி ஆகிவிட்டது. சமையலறை ஜன்னலுக்குக் கீழே மேடையைக் காலி செய்து அதைக் குடிவைத்தார். ஜன்னல் விளிம்பில் ரொட்டிக்குப் போடுகிற வாசனைத் தழைகள்: ரோஸ்மேரிக்கு ஒரு தொட்டி, தைமுக்கு ஒரு தொட்டி, வெங்காயத்தாளுக்கு ஒரு தொட்டி. இனிப்பு ரொட்டி கடையிலேயே கிடைக்கிறதாம்; உப்பும் பூண்டும் தழையும் போட்ட ரொட்டிதான் வீட்டில் செய்யத் தகுந்ததாம். இதை மெஷினோடு வந்த புத்தகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னார், என்னைப் பார்த்து அல்ல.

அந்தப் புத்தகம் இவருக்கு வேதம். முதலில் தண்ணீர், பிறகு ஆலிவ் எண்ணெய், உப்பு, அதன் மேல் மாவு, மாவில் ஒரு குழி பறித்து அதற்குள் ஈஸ்ட். தழையை மட்டும் ஆரம்பத்தில் போடக்கூடாது. போட்டால் தகடு அரைத்துக் கூழாக்கி ரொட்டியைப் பச்சை ஆக்கிவிடும். மாவு பதத்துக்கு வந்ததும் மெஷினே கீச்சுக் கீச்சென்று கூப்பிடும். அப்போதுதான் மூடியைத் திறந்து போட வேண்டும். கடிகாரத்தைப் பார்த்துப் போடலாமே என்றால், அறை குளிர்ந்திருந்தால் மெஷின் முதலில் தன்னைச் சூடுபண்ணிக்கொள்ளுமாம், நேரம் தினம் ஒரு மாதிரி மாறுமாம்.

மெஷின் கூப்பிடவே இல்லை என்றார். முதல் ரொட்டி வெறும் ரொட்டியாக வந்தது. நறுக்கிய தழை கிண்ணத்திலேயே வாடிக் கிடந்தது. அடுத்த முறை பொறுக்க மாட்டாமல் கடைசி நேரத்தில் மேலே தூவினார். அது கருகி, தீய்ந்த புல் மாதிரி ஒட்டிக்கொண்டு வந்தது. ஓய்வு பெற்றும் பழைய பழக்கம் விடாமல் லீவு நாள் காலையில்தான் ரொட்டி போடுவார். நான் அந்த நேரத்தில் தைத்த துணிகளைக் கொடுக்க வெளியே போயிருப்பேன். திரும்பி வந்தால் மேடையில் ஒரு ரொட்டியும், பக்கத்தில் ஒரு கிண்ணம் தழையும், முகத்தில் கடுகடுப்புமாக உட்கார்ந்திருப்பார். "உங்களுக்கு ஏத்த மெஷின்தான் வந்திருக்கு, வாயே திறக்காது" என்று நானும் குத்துவேன். அதுவும் காதில் ஏறாது.

விற்ற கடைக்காரரோடு சண்டை போட்டார். மெஷினைக் கவிழ்த்து, அடித்தட்டைக் கழற்றி, மீட்டர் வைத்து ஒவ்வொரு கம்பியாகப் பார்த்தார். திரும்ப மாட்டி முடித்த பிறகு ரொம்ப நேரம் ஸ்க்ரூடிரைவரைத் துடைத்துக்கொண்டே இருந்தார். கோளாறு அகப்படவில்லை போலிருக்கிறது, அந்த வருத்தம் என்று நினைத்துக்கொண்டேன்.

அதற்கப்புறம் ஒரு லீவு நாள். காலையிலேயே மழை பிடித்துக்கொண்டது. வானம் இருட்டி, சமையலறையில் விளக்குப் போட்டிருந்தார். துணியை எடுத்துக்கொண்டு வெளியே போக வழியில்லை. நான் அடுத்த அறையில் ஒரு கவுனுக்கு விளிம்பு மடித்துத் தைத்துக்கொண்டிருந்தேன். மெஷின் மாவைத் தப்புத் தப்பென்று அடிக்கிற சத்தம் வந்துகொண்டிருந்தது. திடீரென்று ஒரு கீச்சொலி. அடுத்த அறையில் இருந்த எனக்கே காதைக் குத்தியது. விட்டு விட்டு, விட்டு விட்டு, அடித்துக்கொண்டே இருந்தது. பரவாயில்லையே, கடைசியில் வாய் திறந்துவிட்டதே என்று ஊசியைக் குத்திவைத்துவிட்டு எழுந்து போனேன்.

வாசற்படியிலேயே நின்றுவிட்டேன். இவர் மெஷினுக்கு முன்னால், ஒரு முழம்கூட இருக்காது, ஸ்டூலில் உட்கார்ந்திருக்கிறார். மடியில் தழைக் கிண்ணம். இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டு, மெஷினையே பார்த்துக்கொண்டு, பேருந்துக்குக் காத்திருக்கிற ஆள் மாதிரி காத்திருக்கிறார். மெஷின் கத்துகிறது. அவர் அசையவில்லை. மெஷின் இன்னும் கத்துகிறது. அவர் கிண்ணத்தில் ஒரு இலையைத் திருப்பிப் போட்டுவிட்டு மறுபடி காத்திருக்கிறார்.

"ஏங்க" என்றேன். திரும்பவில்லை. எனக்கு இன்னும் நம்பிக்கை வரவில்லை. இத்தனை நாள் தொண்டையில் வைத்திருந்ததை, எதைச் சொன்னால் எந்த மனுஷனும் திரும்பிப் பார்ப்பானோ அதை, அவர் முதுகைப் பார்த்துச் சொன்னேன். "நான் பொண்ணு வீட்டுக்குப் போறேன். திரும்பி வரமாட்டேன்." வழக்கமாகப் பேசுகிற குரலில்தான் சொன்னேன். அவர் முதுகு அப்படியே இருந்தது.

எவ்வளவு நாளாக இப்படி? ஒரு வருடம் நான் வாரிக் கொட்டிய வசவெல்லாம் என் மேலேயே வந்து விழுந்தது. புளித்துப்போனது நான் இல்லை. அந்த ஆறுதலும் அழுகையும் ஒன்றாகச் சேர்ந்து வந்தன. போய் அவர் மடியிலிருந்து கிண்ணத்தை எடுத்து, மூடியைத் திறந்து தழையைக் கொட்டினேன்.

அவர் நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார். "கூப்பிட்டுச்சா?" என்று கேட்டார்.

கூப்பிட்டது என்று தலையாட்டினேன். கொஞ்ச நேரம் கையைத் துடைத்தார். ஏற்கெனவே சுத்தமாக இருந்த கை. "மீட்டர் வச்சுப் பார்த்தப்பவே தெரிஞ்சுபோச்சு. மெஷின் நல்லாத்தான் இருக்கு" என்றார்.

எனக்கு வந்த ஆத்திரத்தைச் சொல்லி முடியாது. வாயைத் திறந்து சொல்வதற்கென்ன, ஒரு வருடமாக என்னைச் சுவரோடு பேச விட்டீர்களே, டீச்சரம்மா கால் உடைந்ததற்கு நல்லது என்றீர்களே என்று படபடவென்று பொரிந்தேன். முகத்துக்கு நேரே நின்று கத்தியதால் அது கேட்டது. டீச்சரம்மாவுக்குக் கால் உடைந்ததா என்று ஆடிப்போய்விட்டார். ஏதோ நல்ல சேதி சொல்கிறேன் என்றுதான் நினைத்தாராம். பிறகு தலையைக் குனிந்துகொண்டு, குறை சொல்கிற தொனியே இல்லாமல் சொன்னார்:

"முதல்ல உன்னையே திருப்பிக் கேட்டுக்கிட்டுத்தான் இருந்தேன். என்னன்னு கேட்டா, ஒண்ணுமில்ல விடுங்கம்பே. ஒவ்வொரு தடவையும் அதையேதான் சொன்னே. சரி, கேக்கக் கேக்க உனக்கு எரிச்சல்தானே வருது, தலையாட்டிட்டாவது இருப்போம்னு விட்டுட்டேன்."

என் வாய் அடைத்துப்போய் அன்றுதான் பார்த்திருப்பார். அந்த ரொட்டி பொன்னிறமாக, உள்ளே பச்சைப் புள்ளியும் பூண்டு வாசமுமாக வந்தது. அடியில் சிக்கிக்கொண்ட தகட்டை அவர் கொக்கியால் நெம்பி எடுத்தார். இருவரும் சூடாகவே பிய்த்துத் தின்றோம்.

காது டாக்டரிடம் அவரை நான்தான் இழுத்துக்கொண்டு போனேன். மோட்டார் சத்தத்தில் வருடக்கணக்காக இருந்தவர்களுக்குக் கூர்மையான சத்தங்கள்தான் முதலில் போகுமாம். பறவை, போன் மணி, பெண்டாட்டி எல்லாம் அதில் சேர்த்தி என்று சிரித்தார் டாக்டர். காதுக்குப் பின்னால் மாட்டுகிற கருவியைக் கொடுத்தார்கள். அதை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்கிய இவர், தன் செருப்புச் சத்தத்துக்கே இரண்டு முறை திரும்பிப் பார்த்தார். நான் மகளுக்கு இன்னும் எதுவும் சொல்லவில்லை. பெட்டியும் அப்படியே கட்டிலுக்கடியில் இருந்தது.

அடுத்த லீவு நாள் மறுபடி ரொட்டி. துணி கொடுக்கப் போகாமல் நானும் சமையலறையில் நின்றேன். இவர் அதே ஸ்டூலில், அதே கிண்ணத்தோடு. மெஷின் கத்தியதும் தூக்கிவாரிப் போட்டு பாதித் தழை தரையில் சிந்தியது. "இவ்ளோ சத்தமாவா கத்திட்டு இருந்துச்சு, பாவம்" என்று சொல்லிக்கொண்டே மிச்சத்தைப் போட்டு மூடினார். நான் சிந்தியதைப் பொறுக்கிக்கொண்டிருந்தேன். மெஷினைப் பார்த்தபடியே கேட்டார்:

"அன்னைக்கு மழையில எனக்குப் பின்னாடி நின்னு ஏதோ சொன்னியே, என்ன சொன்னே?"

கையில் இருந்த தழை கையிலேயே நின்றது. உங்களுக்கு எப்படித் தெரியும் என்றேன். மேலே ஜன்னலைக் காட்டினார். வெளியே இருட்டாகவும் உள்ளே விளக்குமாக இருந்ததில் கண்ணாடியில் நான் தெரிந்தேனாம், வாய் அசைந்ததும் தெரிந்ததாம்.

"ரெண்டே வாக்கியத்துல முடிச்சுட்டே. உன்னோட இருந்த இத்தனை வருஷத்துல நீ அவ்ளோ சுருக்கமாப் பேசினதே இல்ல. பெரிய விஷயம்னு அப்பவே புரிஞ்சுது. திரும்பிக் கேட்டா, ஒண்ணுமில்லன்னுடுவியேன்னுதான் அசையாம இருந்தேன்."

சத்தியமாக அந்த வார்த்தைதான் நாக்கு நுனிக்கு வந்தது. விழுங்கினேன். அவர் முகத்தைப் பார்த்துச் சொல்லத் தைரியமில்லாமல், ஜன்னல் பக்கம் திரும்பி, ரோஸ்மேரித் தொட்டியில் காய்ந்த இலையைக் கிள்ளிக்கொண்டே சொன்னேன். "பொண்ணு வீட்டோடவே போயிடறேன், திரும்பி வரமாட்டேன்னு சொன்னேன்." குரல் எழும்பவே இல்லை. மாவு அடிபடுகிற சத்தத்தில் எனக்கே சரியாகக் கேட்கவில்லை. இப்போது "என்ன?" என்று கேட்பார், இன்னொரு தரம் சொல்ல வேண்டியிருக்கும் என்று காத்திருந்தேன்.

அவர் கேட்கவில்லை. கிண்ணத்தை மேடையில் வைத்தார். காதுக்குப் பின்னால் கையைக் கொண்டுபோய் அந்தக் கருவியைத் தொட்டுப் பார்த்தார், இருக்கிறதா என்று.

"போறியா?" என்றார்.

திரும்பினேன். அவர் கண் கலங்கியிருந்தது. "எப்படிப் போறது? ஒரு வருஷப் பேச்சு பாக்கி இருக்கு" என்றேன்.

எழுந்து, கூடத்திலிருந்து இன்னொரு ஸ்டூலைத் தூக்கிக்கொண்டு வந்து தன் ஸ்டூலுக்குப் பக்கத்தில் போட்டார். "அப்ப டீச்சரம்மா கால்லேருந்து ஆரம்பி" என்றார்.

உட்கார்ந்து ஆரம்பித்தேன். ரொட்டி வெந்துவிட்டது என்று மெஷின் கத்தியபோது, டீச்சரம்மா இன்னும் பாதிப் படிக்கட்டில்தான் உருண்டுகொண்டிருந்தார்.