சேர்ந்த ஆண்டு வரிசைப்படி

1

இந்தக் கதைக்கு முதலில் என்னிடம் இருந்தது ஒரே ஒரு வாக்கியம். திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் போகும் பஸ்ஸில், எனக்குப் பின் சீட்டில் ஒருவர் யாரிடமோ சொன்னார்: "நான் எங்க சேந்தேன்? நீங்கதான் வந்து சேந்தீங்க."

நான் திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் மீசை வந்திருக்கும், சட்டை வந்திருக்கும், பேச்சு போயிருக்கும். என் கதைகளில் ஆட்கள் எப்படி இருப்பார்கள் என்று கேட்டால் எனக்குத் தெரியாது. எப்படிப் பேசுவார்கள் என்று கேளுங்கள், சொல்கிறேன்.

மற்றதெல்லாம் நான் கட்டியது. அந்தக் குரலை விழுப்புரத்தில் ஒரு மல்லாட்டை மண்டிக்குள், நிலக்கடலை மூட்டைகளுக்கு நடுவே உட்கார வைத்தேன். எதிரே நின்று பேச ஒரு பெண் வேண்டியிருந்தது. அவளைப் போய் எதற்குச் சீன அரசியல் படிக்க வைத்தேன் என்றால் [இதை இங்கே சொன்னால் கட்டுரையாகிவிடும். அவள் அப்பாவே கேட்கட்டும்.]

2

முதல் தொடக்கம்: "1985ஆம் ஆண்டு, ஆசியக் கண்டத்தின் அரசியல் வானில்..." வேண்டாம். இதை யார் யாரிடம் சொல்கிறார்கள்?

இரண்டாவது: "ஞானமதிக்கு இருபத்தாறு வயது, மாநிறம், நீண்ட..." அடித்துவிட்டேன். நீண்ட என்ன என்று எனக்கே தெரியவில்லை.

மூன்றாவது:

"ஏம்மா, சீனாக்காரன் பேரை வரிசையா படிக்கிறதுக்கா டெல்லிக்குப் போற?" என்றார் ஜினபாலன்.

இதை வைத்துக்கொள்கிறேன். ஜினபாலன் ஞானமதியின் அப்பா. திண்டிவனத்தில் வீடு, பெருமுக்கல் பக்கம் நிலம்.

"வரிசையில எல்லாம் இருக்குப்பா. பீக்கிங்ல ஒரு கூட்டம் நடந்தா மறுநாள் பேப்பர்ல பேரு வரும். போன மாசம் நாலாவதா வந்தவரு இந்த மாசம் ஏழாவதா வந்தா, அவருக்கு என்னமோ ஆயிருக்குன்னு அர்த்தம். வாய விட்டு யாரும் சொல்ல மாட்டாங்க. வரிசைதான் சொல்லும்."

"இதைத்தான் உங்கம்மா எல்லாக் கல்யாணப் பத்திரிகையிலயும் பண்ணிக்கினு இருக்கா. அவளுக்கு எந்த யுனிவர்சிட்டியும் சீட்டு குடுக்கலையே."

"எனக்குக் குடுத்திருக்காங்கப்பா."

கொடுத்திருந்தார்கள். எம்.ஏ.வில் இரண்டு வருஷம் இதையே படித்தவள். ஆடி பிறந்து பத்து நாளுக்குள் டெல்லியில் போய்ச் சேர வேண்டும். ஆராய்ச்சித் தலைப்பு, சீனத்தில் வயதான தலைவர்களை மரியாதை கெடாமல் பதவியிலிருந்து இறக்குவது எப்படி என்பது. அதற்கென்றே அங்கே ஆலோசனைக் குழு ஒன்றை அமைத்திருந்தார்கள்.

"மாமா சரின்னா எனக்கும் சரி" என்றார் ஜினபாலன். அந்தக் குடும்பத்தில் மாமா தலையாட்டாமல் மாடுகூட வாங்கியதில்லை. மாமா என்றால் ஞானமதியின் தாய்மாமன், விழுப்புரம் மண்டி ஜினசந்திர நயினார். அவர் ஏற்கெனவே சரி என்று சொல்லியிருந்தார். "ஆனியில பாலசந்திரன் கல்யாணம் முடியட்டும். மறுநாள் நானே உன்னை ரயில் ஏத்தறேன்."

ஆக, ஞானமதி செய்ய வேண்டியது ஒன்றுதான்: அண்ணன் பாலசந்திரனின் கல்யாணம் முடியும்வரை சும்மா இருப்பது.

3

அவள் சும்மா இருந்தாள். அப்பாதான் இருக்க விடவில்லை.

பத்திரிகையில் பதினோரு பெயர் போட வேண்டும். எந்தப் பெயர் எதற்கு மேலே என்பதில் நான்கு வீட்டிலிருந்து ஆள் வந்துவிட்டுப் போனார்கள். "நீதான் இதுக்குன்னு படிக்கப் போறியே, போட்டுக் குடு" என்று காகிதத்தை அவளிடம் தள்ளிவிட்டார் ஜினபாலன்.

அவள் இரண்டு நாள் யோசித்தாள். வயது வரிசை என்றால் வயதைக் கேட்க வேண்டும். கேட்டால் அத்தைமார்கள் பொய் சொல்வார்கள். சொத்து வரிசை என்றால் மாமன்மார்கள் பொய் சொல்வார்கள். மூன்றாம் நாள் அவளுடைய பாடத்திலிருந்தே வழி கிடைத்தது. சீனத்தில் மூப்பைக் கணக்கிட ஒரு முறை உண்டு. ஒருவர் எப்போது பிறந்தார் என்பதைவிட எந்த ஆண்டில் புரட்சியில் சேர்ந்தார் என்பதுதான் அங்கே பெரிய கேள்வி. ஆண்டோடு யாரும் சண்டை போட முடியாது.

"புரிஞ்சுதாப்பா? யாரு எந்த வருஷம் நம்ம குடும்பத்துல சேந்தாங்களோ, அந்த வரிசை."

"அத்தை புருஷன் முப்பத்தெட்டு. அப்ப அவரு முதல்ல." ஜினபாலனுக்கு முகம் மலர்ந்தது. "பச்சைமுத்து?"

"உங்களோட ஸ்கூல்ல படிச்சவரு. ஐம்பத்து மூணுல ஒலக்கூர்ல இருந்து வந்து உங்களோட கூட்டா பயிர் வச்சாரு. ஆறாவது."

"உங்க மாமா?"

"உங்க கல்யாணத்தோட சேந்தவரு. ஐம்பத்தஞ்சு. ஏழாவது."

தாய்மாமன் பெயர் ஏழாவது என்றால் என்ன ஆகும் என்று கதையை எழுதும் எனக்கே தெரிந்தது. ஜினபாலனுக்குத் தெரியவில்லை. பத்திரிகையின் அடியில் சின்ன எழுத்தில் "பெயர்கள் குடும்பத்தில் சேர்ந்த ஆண்டு வரிசைப்படி" என்று ஒரு வரியும் போட்டு ஐந்நூறு அடித்து வாங்கிவிட்டார்கள்.

[வாசகர் கேட்கலாம்: அம்மா பத்மாம்பாள் பார்க்கவில்லையா? பார்த்தாள். அச்சாகி வந்த பிறகு பார்த்தாள். "யாருடி இந்த வேலை பார்த்தது?" என்றாள். "சீனா" என்று ஜினபாலன் சொன்னதாக ஒரு வரி எழுதியிருந்தேன். அவர் அவ்வளவு கெட்டிக்காரர் இல்லை. எடுத்துவிட்டேன்.]

4

முதல் பத்திரிகை தாய்மாமனுக்கு. அவருக்கு முன்னால் மண்டி, பின்னால் வீடு. தட்டில் வெற்றிலை பாக்கு தேங்காயோடு அம்மாவும் மகளும் விழுப்புரம் போய்ச் சேரும்போது மணி ஐந்து. இங்கே ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். இவர்கள் ஜைனர்கள், பொழுது சாய்ந்தால் சாப்பிட மாட்டார்கள். சாயங்காலம் வந்த உறவுக்காரரை இருட்டுவதற்குள் இலை போட்டு உட்கார வைக்கவில்லை என்றால், அந்த வீட்டோடு உறவு முடிந்தது என்று அர்த்தம்.

ஜினசந்திரர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பத்திரிகையை...

"நான் எத்தினியாவது பகுதியில வர்றேன்?" என்று எழுதிக்கொண்டிருந்த என்னையே கேட்டார்.

நாலாவது, என்றேன்.

"எனக்கு முன்னால யாரு யாரு வந்தாங்க?"

ஞானமதி, ஜினபாலன், பச்சைமுத்துவும் பேரளவில் வந்துவிட்டார், என்றேன்.

"பாருங்க. நீங்களும் அப்பிடித்தான்."

இந்த மாமாவை எனக்கு எழுதத் தெரியவில்லையோ என்று சந்தேகம் வந்தது இங்கேதான். கோபக்காரராக எழுதினேன், சிரித்தார். சிரிக்கிறவராக எழுதினேன், பேசாமல் இருந்தார். கடைசியில் அவர் போக்கில் விட்டுவிட்டேன்.

அவர் பத்திரிகையைக் கீழேயிருந்து மேலே படித்தார். சண்டை எப்போதும் கீழ்ப்பக்கத்தில்தான் இருக்கும் என்பது அவர் நாற்பது வருஷத்தில் கண்ட முறை. அடியிலிருந்த சின்ன எழுத்தை இரண்டு தரம் படித்தார். மடித்தார்.

"அனந்தம், இவங்களுக்குத் தண்ணி குடு" என்று உள்ளே மனைவிக்குக் குரல் கொடுத்தார்.

ஞானமதி உள்ளே காது கொடுத்தாள். தண்ணீர். காபி இல்லை. சமையற்கட்டில் பாத்திரச் சத்தம் இல்லை. பீக்கிங் செய்தித்தாளில் இவ்வளவு தெளிவாக ஒரு செய்தியை அவள் படித்ததே இல்லை.

"பத்மா, உன் கல்யாணம் எந்த வருஷம்?"

"ஐம்பத்தஞ்சுண்ணா."

"ஐம்பத்தஞ்சுல நான் சேந்தேன்."

"அது... இவதான் படிப்புல இருக்குன்னு..."

"எதுல சேந்தேன் ஞானம்? கட்சியிலயா?"

"குடும்பத்துல மாமா. அது ஒரு முறை மாமா. அங்கல்லாம்..."

"பச்சைமுத்து எனக்கு மேல இருக்கறதுல எனக்கு வருத்தமில்ல. நல்ல மனுசன், கேப்பை விளைஞ்சா முதல் மூட்டை எனக்குத்தான் அனுப்புவாரு. நான் கேக்கறது வேற. என் வீட்டுப் பொண்ணை நான் குடுத்தேன். நான் எங்க சேந்தேன்? நீங்கதான் வந்து சேந்தீங்க. உங்கப்பன் ஐம்பத்தஞ்சுல எங்கிட்ட வந்து சேந்தான். முடியைக்கூட அன்னிக்குச் சரியா வெட்டாம வந்தான்."

மாமா ஞானமதியின் முறையின் அடிமடியிலேயே கை வைத்துவிட்டார். சேர்ந்த ஆண்டு என்றால், எதில்? யார் வீடு நடு என்று முடிவு செய்யாமல் வரிசை போட்டிருக்கிறாள்.

[அடிக்குறிப்பு: கிழக்காசிய நாடுகளின் உறவைப் படிப்பவர்களுக்கு இந்தத் தலைவலி பழையது. ஒரு அரசன் இன்னொருவனிடம் தூது அனுப்பினால், அனுப்பியவன் ஏட்டில் "வியாபாரத்துக்குப் போனோம்" என்றிருக்கும். வரவேற்றவன் ஏட்டில் "பணிந்து வந்தார்கள்" என்றிருக்கும். போனதும் வந்ததும் ஒரே தூதுதான்.]

"டெல்லி..." என்று பத்மாம்பாள் மெதுவாக ஆரம்பித்தாள்.

"டெல்லியா? பாக்கலாம்" என்றார் ஜினசந்திரர்.

அந்தக் குடும்பத்தில் "பாக்கலாம்" என்று சொல்லி இதுவரை யாரும் எதையும் பார்த்ததில்லை.

5

ஆறேகால் மணி. வெயில் மண்டிச் சாக்குகளின் மேல் ஏறிக்கொண்டிருந்தது. ஞானமதிக்குத் தன் ஆடி மாதம் கண்ணெதிரே போய்க்கொண்டிருப்பது தெரிந்தது.

"மாமா, ஒண்ணு சொல்லட்டுமா. சீனாவுல இப்ப யாரு பெரியவருன்னு பேப்பரைப் பாத்துக் கண்டுபிடிக்க முடியாது. அவரு பிரதமரும் இல்ல, ஜனாதிபதியும் இல்ல, கட்சிச் செயலாளரும் இல்ல. ஆனா அவரு தலையாட்டாம எதுவும் நடக்காது."

"பேரு மேல வராதா?"

"வர வேண்டிய அவசியமில்ல மாமா."

"எல்லாருக்கும் தெரியுமா, அவருதான்னு?"

"பச்சக் கொழந்தைக்கும் தெரியும்."

மாமா மடித்த பத்திரிகையைப் பிரித்தார். பேனாவை எடுத்தார். ஏழாவது பெயரின் மேல் நேராக ஒரு கோடு கிழித்தார்.

பத்மாம்பாளுக்கு அழுகை வந்துவிட்டது. "அண்ணா, வேணாம்ண்ணா..."

"சும்மா இரு பத்மா. ஞானம், ஐந்நூறுலயும் இப்பிடிப் போடு. பேரு கீழே தெரியணும், மேல கோடும் இருக்கணும்."

"எதுக்கு மாமா?"

"அச்சடிச்ச பேரை யாரு படிக்கறா? அடிச்ச பேரைத்தான் படிப்பான். 'நயினாருக்கு என்ன ஆச்சு'ன்னு கேப்பான். விசாரிச்சுக்கினு ஒவ்வொருத்தனா இங்க வருவான். வரட்டும்."

ஞானமதி அவரை முதல் தடவையாகப் பார்ப்பதுபோல் பார்த்தாள். இரண்டு வருஷப் படிப்பில் அவளுக்கு இது தோன்றியதில்லை.

அனந்தவல்லி அத்தையை இதுவரை நான் பேசவே விடவில்லை. அது என் தவறு. பேசாதவர்களை எனக்கு எழுத வராது. ஆனால் இலையோடு கூடத்துக்கு வந்தவள் அவள்தான்.

"பேசறதுனா பேசிக்கினு சாப்பிடுங்க. பொழுது எனக்காக நிக்காது."

மூன்று இலை போட்டாள். மாமா கண்ணசைத்ததால் போட்டாளா, தானாகவே போட்டாளா என்பதில் அறிஞர்களிடையே இரண்டு கருத்து இருக்கலாம். ஞானமதி பார்த்த வரையில் மாமா அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

"அப்ப டெல்லி, மாமா?"

"டெல்லி." அவர் கண்ணாடியைக் கழற்றினார். "அங்க போயி நீ புத்தகம் எழுதுவ. புத்தகத்துல முதல் பக்கத்துல நன்றின்னு பேரெல்லாம் போடுவாங்களே. அதுல என் பேரை எங்க போடுவ?"

6

இந்தக் கேள்வி வரும் என்று எனக்குத் தெரியாது. ஞானமதிக்கும் தெரியாது. இருவரும் சேர்ந்து மூன்று பதில் எழுதிப் பார்த்தோம்.

ஒன்று. "முதல்ல உங்க பேருதான் மாமா." சொன்னால் உடனே சோறு வரும். ஆனால் முதலில் பேராசிரியர் பேர்தான் வர வேண்டும். புத்தகம் வந்ததும் மாமா அதையும் கீழேயிருந்து மேலே படிப்பார்.

இன்னொன்று. "உங்க பேரை அச்சடிச்சு மேல ஒரு கோடு போடறேன் மாமா." மாமா சிரிப்பார். பல்கலைக்கழகம் சிரிக்காது. எனக்கு இது பிடித்திருந்தது. எனக்குப் பிடித்திருப்பதாலேயே அவளுக்குப் பிடிக்கவில்லை. "எம் படிப்பு உங்களுக்கு வேடிக்கையா?" என்று கேட்டாள்.

மூன்றாவதை அவளாகவே சொல்லிப் பார்த்தாள், என் காதுக்கு மட்டும் கேட்கும்படி. "நீங்க அனுப்பி நான் போறேனா, நானா போறேனா, அதை முதல்ல சொல்லுங்க மாமா. அதைப் பொறுத்துதான் இடம்." இதைச் சொன்னால் மாமா என்ன செய்வார்? கையைக் கழுவிக்கொண்டு அவள் பக்கத்தில் வந்து உட்காரலாம். இலையைச் சுருட்டச் சொல்லலாம். நான்கு தரம் எழுதினேன். இரண்டு தரம் உட்கார்ந்தார், இரண்டு தரம்...

நான் முடிக்கப்போவதில்லை. அவளுடைய இரண்டு வருஷம் இதில் இருக்கிறது; என் வாயிலிருந்து வரும் பதிலை வைத்துக்கொண்டு அவள் டெல்லியில் என்ன செய்வாள்? அனந்தவல்லி சோற்றுப் பாத்திரத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். பத்மாம்பாள் இலையில் தண்ணீர் தெளித்தவள் தெளித்தபடியே இருக்கிறாள். வெளிச்சம் இன்னும் ஒரு விரற்கடை இருக்கிறது.

"சொல்லும்மா" என்கிறார் மாமா.

அவள் எதைச் சொல்லட்டும்? நீங்கள் சொல்லுங்கள்.