காலம் மட்டும் கொஞ்சம் நீளும்

கம்பளியின் கடைசி ஆணி வர மறுத்தது. மகள் ஸ்டூலின் மேல் நின்று குறடால் அதைப் பிடித்து ஆட்டினாள். அப்பாவின் அறைக்கு இருந்தது அந்த ஒரே ஜன்னல்தான். அவளுக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து அதன் மேல் இந்தக் கறுப்புக் கம்பளி. கீழே வண்டிக்காரர்கள் இரண்டு பேர் ஸ்ட்ரெச்சரைப் பிடித்தபடி காத்திருந்தார்கள். பல்பு வெளிச்சம் போதவில்லை, கட்டிலுக்கும் அலமாரிக்கும் நடுவில் திரும்ப முடியவில்லை, ஜன்னலைத் திறந்துவிட்டால் தேவலை என்று சொல்லியிருந்தார்கள்.

குறடு வழுக்கி ஜன்னல் கம்பியில் டங்கென்று மோதியது.

"மெதுவாடி," என்றாள் அம்மா கதவருகிலிருந்து. "முழிச்சுக்கப் போறார்."

வண்டிக்காரர்களில் மூத்தவர் தரையைப் பார்த்தார். தான் சொன்னது தனக்கே அப்போதுதான் கேட்டதுபோல அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். ஆணி தானாகவே நழுவி விழுந்தது.

கம்பளி சரிந்ததும் வெயில் உள்ளே வந்து கட்டிலின் மேல் படுத்தது. சுவர் வெளிர் பச்சை. அவள் இத்தனை வருஷமாக அதைச் சாம்பல் நிறம் என்றே நினைத்திருந்தாள். அப்பாவின் முகத்தில் நேராக வெயில் அடித்தது. அவர் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. அதைப் பார்த்த பிறகுதான் அவர் இறந்துவிட்டார் என்பது அவளுக்கு முழுதாகப் புரிந்தது.

அப்பாவுக்குப் பாட்டில் தொழிற்சாலையில் வேலை. கண்ணாடி பாட்டில்கள் வரிசையாக ஒரு வெளிச்சத் திரைக்கு முன்னால் நகர்ந்துகொண்டே இருக்கும். விரிசல் விட்டதைப் பொறுக்கி எடுப்பது அவர் வேலை. அவள் ஒன்றாவது படிக்கும்போது கடன் வாங்கி இந்த வீட்டை வாங்கினார். தவணை கட்டச் சம்பளம் போதவில்லை. ராத்திரி ஷிஃப்டுக்குத் தனிப் படி உண்டு. பகலில் இருந்தவர் நிரந்தரமாக ராத்திரிக்கு எழுதிக் கொடுத்தார். விடிந்து வீடு வந்து, கம்பளிக்குப் பின்னால் படுத்துக்கொள்வார். அவர் தூங்கினால்தான் ராத்திரி கண் விழிக்க முடியும், விழித்தால்தான் தவணை, தவணை போனால்தான் வீடு. ஆகவே வீட்டில் சத்தம் கூடாது.

அதற்கென்று அம்மாவும் அவளும் ஒரு தனிக் குடித்தனமே நடத்தினார்கள். அழைப்பு மணியின் ஒயரைக் கழற்றிப் போட்டாயிற்று. குழாயின் வாயில் ஒரு துணியைக் கட்டி, சொட்டும் தண்ணீரும் துணி வழியாக ஓசையில்லாமல் இறங்கும்படி செய்தாயிற்று. குக்கர் விசில் அவர் வீடு திரும்புமுன் அடித்து ஓய்ந்துவிட வேண்டும். டிவியை ஊமையாக வைத்து, நடிகர்களின் வசனத்தை அம்மாவும் மகளும் தாங்களே கிசுகிசுப்பாகப் பேசுவார்கள். வில்லன் அழும் காட்சிக்கு அம்மா மளிகைக் கணக்கை வசனமாகச் சொல்வாள். சிரிப்பு பீறிட்டால் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொள்ள வேண்டும். சந்தோஷமான நாட்கள்தான் அவை என்று அவள் நெடுநாள் நினைத்திருந்தாள்.

பல் மருத்துவமனையில் அவள் வேலைக்குச் சேர்ந்தபோது வரவேற்பு மேஜையில் உட்கார வைத்தார்கள். நோயாளிகளை அவள் பெயர் சொல்லிக் கூப்பிடுவது யாருக்கும் கேட்கவில்லை. சில வாரங்களில் பின்னறைக்கு, கருவிகளைக் கொதிக்க வைக்கும் வேலைக்கு மாற்றிவிட்டார்கள். அங்கே பேச வேண்டியதில்லை.

ஹாலில் அப்பாவைக் கிடத்தியிருந்தபோது தொழிற்சாலையிலிருந்து உலைக்காரர் வந்தார். அப்பாவோடு அதே ராத்திரி ஷிஃப்டில் கண்ணாடி உருக்கும் உலையைப் பார்த்துக்கொண்டவர். உலை இரைச்சலில் காது போய்விட்டதால் அவர் பேசினால் தெரு முனைவரை கேட்கும்.

"என்ன தங்கச்சி, இப்படிப் பண்ணிட்டானே ஆந்தை!"

வீட்டுக்கே தூக்கிவாரிப் போட்டது. அம்மாவின் விரல் தானாக உதட்டுக்குப் போனது. பழக்கதோஷத்தில் கிசுகிசுத்துக்கொண்டிருந்த அக்கம்பக்கத்தார் எல்லோரும் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"ஏன் எல்லாரும் குசுகுசுன்னு பேசுறீங்க? செத்தவன் எழுந்துருவான்னு பயமா? எழுந்தா நல்லதுதானே!" என்றவர், யாரும் சிரிக்காததால் குரலைத் தணிக்க முயன்றார். தணியவில்லை. மகளின் தலையில் கை வைத்தார். "பாப்பா, உங்கப்பன் பகல் ஷிஃப்ட் கேட்டு எத்தனை தடவை மனு எழுதினான் தெரியுமா? எழுதுவான், மடிச்சுப் பையில வைப்பான், விடியறப்போ அவனே உலையில போட்டுருவான். 'என்னய்யா'ன்னு கேட்டா, 'இன்னும் கொஞ்ச நாள்'னு சொல்வான்."

அவள் அவரை நிமிர்ந்து பார்த்தாள். "அப்பாவுக்கு ராத்திரி வேலைதான் பிடிக்கும்னு சொல்வாரே."

"எவன் சொன்னான்? இருட்டு பிடிக்குமா மனுஷனுக்கு!"

வண்டி போய், எல்லாம் முடிந்து, குளித்துவிட்டு வந்தபோது மதியம் சாய்ந்திருந்தது. அவளுடைய கணவன் வாசலில் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தான். கூரியர் கிடங்கில் வேலை பார்ப்பவன். எதையும் தமாஷாகவே பேசுகிறவன், இன்று காலையிலிருந்து வாய் திறக்காமல் ஓடியாடி எல்லாம் செய்திருந்தான். தங்கள் பெண் குழந்தையை நாத்தனார் வீட்டில் விட்டிருந்தார்கள். நாலு வயது. வாயாடி என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். இங்கே வந்தால் அவளை அடக்குவதே பெரிய பாடு என்பதால், வருவதே குறைந்துபோயிருந்தது.

கணவன் சமையலறை வாசலில் வந்து நின்றான். அவனுக்கும் குரல் இறங்கியிருந்தது.

"நாம வாங்கப்போற வீட்டுக் கடனுக்கு பேங்க்லேருந்து இன்னும் கொஞ்ச நேரத்துல கூப்பிடுவாங்க. நான் தள்ளிப்போடச் சொல்லிக் கேட்டேன். இன்னியோட நமக்குக் குடுத்த வட்டி விகிதம் முடியுதாம். நீ கூட்டுக் கடன்காரிங்கிறதால உன் வாயால ஒரு வார்த்தை 'சம்மதம்'னு சொல்லணும். அவ்வளவுதான்."

"இன்னிக்கேவா?"

"தப்புதான். எனக்கும் தெரியுது." அவன் கதவு நிலையைச் சுரண்டினான். "ஆனா பாரு, வாடகை வீட்டுல ஒரு ஆணி அடிக்க ஓனரைக் கேக்கணும். வாயாடி சுவத்துல கிறுக்கினா அவர் மூஞ்சியைப் பாக்கணும். எத்தனை நாளைக்கு?"

"கிடங்குல ராத்திரி சூப்பர்வைசர் வேலைக்குச் சரின்னு சொல்லிட்டியா?"

"அதை எடுத்தாத்தானே தவணை கட்டுப்படி ஆகும். கொஞ்ச வருஷந்தான். அப்புறம் பகலுக்கு மாறிக்கலாம்."

அவன் சற்று நின்றுவிட்டு வாசலுக்குப் போனான்.

அம்மா டம்ளர்களைக் கழுவிக்கொண்டிருந்தாள். ஒன்றோடொன்று படாமல், துணியின் மேல் தனித்தனியாக, குழந்தைகளைத் தூங்கப் போடுவதுபோல.

"அம்மா, உலைக்காரர் சொன்னது நெசமா? கடன் முடிஞ்சும் அப்பா ஏன் ராத்திரிக்கே போனாரு?"

"எது முடிஞ்சுது?"

"கடன்தான், நான் வேலைக்குச் சேர்ந்த வருஷம். பேங்க்குக்குப் போயிட்டு வந்து எனக்கு இனிப்பு குடுத்தாரே."

அம்மா குழாயை மூடினாள். கைகளைத் துடைக்கவில்லை.

"அன்னிக்கு வீட்டுப் பத்திரத்தை வாங்கிட்டு வரத்தான் போனாரு. பதினஞ்சு வருஷக் கடன், அந்த மாசத்தோட தீருதுன்னு கணக்கு. போறப்பவே இனிப்பு வாங்கிட்டாரு, பேங்க்காரங்களுக்கும் குடுக்கணும்னு. அங்க போனா, இன்னும் எட்டு வருஷம் இருக்குன்னாங்களாம்."

"எப்படி?"

"நடுவுல வட்டி ஏறுச்சாம். தவணையைக் கூட்டினா கஷ்டப்படுவீங்கன்னு வருஷத்தைக் கூட்டிட்டாங்களாம். ஏதோ கடுதாசி அனுப்பினோம்னாங்களாம். இவர் மாசா மாசம் பிடிக்கிறது அதே தொகைதானேன்னு இருந்துட்டாரு. அப்புறம் அந்த ஆபீசர் உக்கார வச்சு விளக்கினாராம். ஆரம்பத்துல கட்டினது முக்காவாசி வட்டிக்கே போயிருச்சு, அசலை அது தொடவே இல்லன்னு. இவர் வந்து என்கிட்ட சொன்னது ஒண்ணுதான். 'அத்தனை ராத்திரி யாருக்கு முழிச்சேன்னு தெரியலை.' அவ்வளவுதான். இனிப்பை உனக்குக் குடுத்துட்டு வேலைக்குக் கிளம்பிட்டாரு."

"எனக்கு ஏன் சொல்லல?"

"நீ அன்னிக்கு எவ்வளவு சந்தோஷமா இருந்தே. வீடு நம்மளுது ஆயிருச்சுன்னு கத்தப் பாத்தே. கத்த வரல உனக்கு. வாய் மட்டும் திறந்துது. அதைப் பாத்துட்டு அவர் சொன்னாரு, 'இவகிட்ட சொல்லாதே, எனக்கு ராத்திரிதான் பிடிச்சிருக்குன்னு சொல்லிக்கலாம்'னு."

மகள் சுவரில் சாய்ந்தாள். இருட்டுப் பிரியர் என்று அப்பாவைக் கேலி செய்திருக்கிறாள். கல்யாணத்துக்குப் பிறகு கோபமாகவும் சொல்லியிருக்கிறாள்: உங்களுக்கு எங்களோட உக்காந்து சாப்பிடவே பிடிக்காது. அவர் சிரித்துக்கொண்டு அறைக்குள் போய்விடுவார். எட்டு வருஷமும் கழிந்து கடன் உண்மையாகவே தீர்ந்தபோது வேலையும் முடிந்துவிட்டது. ஆனால் தூக்கம் திரும்பவில்லை. ராத்திரியெல்லாம் தன் சொந்த வீட்டுக்குள் வெறுங்காலோடு நடந்துகொண்டிருப்பார் என்று அம்மா சொல்வாள். விடிந்தால் கம்பளிக்குப் பின்னால் போய்ப் படுத்துக்கொள்வார். வீடும் பழையபடி அடங்கிக்கொள்ளும்.

"ஒரு வீட்டுக்கு ரெண்டு வீட்டுக்கு மேலயே குடுத்தோம்டி," என்றாள் அம்மா. "அது போகட்டும். காசுதானே."

குழாயில் கட்டியிருந்த துணியின் நுனியில் ஒரு துளி திரண்டு, ஓசையில்லாமல் இறங்கியது.

"நேத்து டம்ளர் விழுந்துது," என்றாள் அம்மா.

"என்னம்மா?"

"காலைல. அவர் படுத்துக் கொஞ்ச நேரம் இருக்கும். உள்ள டம்ளர் விழுந்து உருண்டுது. எழுந்து கதவு வரைக்கும் போனேன். கை வச்சேன். திறந்தா வெளிச்சம் போகும், முழிச்சுக்குவார், திரும்பத் தூக்கம் பிடிக்காதேன்னு..." அம்மா தன் ஈரக் கையைப் பார்த்தாள். "வந்துட்டேன். அப்புறம் பக்கத்து வீட்டுக்காரி பேச வந்தா. அவர் தூங்குறார்னு அனுப்பிட்டேன். சாயங்காலம் டீ போட்டு எடுத்துட்டுப் போற வரைக்கும் ஒரு சத்தம் வர விடலடி நான். டாக்டர் சொல்றார், காலைலயே போயிருக்கும்னு."

மகள் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். அழுகை தொண்டைவரை வந்தது. அந்த வீட்டில் அது எப்போதும் நிற்கும் இடத்திலேயே நின்றது. இரண்டு பேரும் வாயை மூடிக்கொண்டு, தோள்கள் மட்டும் குலுங்க நின்றார்கள். வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு ஏதோ சிரிப்பை அடக்குகிறார்கள் என்றுதான் தோன்றியிருக்கும்.

போன் அதிர்ந்தது. அவளுடைய போன் ஒலித்து யாரும் கேட்டதில்லை, அதிரத்தான் செய்யும். ஹாலுக்கு வந்து எடுத்தாள். கணவன் வாசற்படியிலிருந்து எழுந்து நின்றான்.

"வணக்கம் மேடம், வீட்டுக் கடன் விஷயமாப் பேசறேன். இந்த அழைப்பு ரெக்கார்ட் ஆகுது. உங்க வீட்டுக்காரரோட சேர்ந்து இருபத்தஞ்சு வருஷத்துக்கு..."

"மொத்தம் எவ்வளவு கட்டுவோம்?"

"கொஞ்சம் சத்தமாப் பேசுங்க மேடம்."

"மொத்தம். எல்லாம் சேத்து. எவ்வளவு?"

"மாசத் தவணைதானே மேடம் கேக்கறீங்க?"

"இல்ல. மொத்தம்."

மறுமுனையில் விசைகள் தட்டும் ஓசை. பையனுக்கு இளம் குரல். "தோராயமா, வாங்கற கடனைப் போல ரெண்டேகால் மடங்கு வரும். ஆனா யாரும் அப்படிப் பாக்கறதில்ல மேடம்."

"வட்டி ஏறினா?"

"அந்தக் கவலையே உங்களுக்கு வேண்டாம்," என்றான் அவன் உற்சாகமாக. "தவணை ஏறாது. காலம் மட்டும் கொஞ்சம் நீளும். உங்களுக்குத் தெரியவே தெரியாது."

அப்பாவின் அறைக் கதவு திறந்திருந்தது. அங்கே வெயில் கட்டிலைத் தாண்டித் தரைக்கு இறங்கியிருந்தது. கட்டிலுக்கடியில், கைக்கு எட்டாத மூலையில், டம்ளர் இன்னும் கிடந்தது.

"வேண்டாம்," என்றாள்.

"சாரி மேடம், கேக்கல."

"வேண்டாம்."

"லைன் சரியில்லை போல. சம்மதம்னு எடுத்துக்கலாமா மேடம்?"

கணவன் அவள் உதடுகளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கு அவள் சொன்னது கேட்டிருக்கும். அவனுக்கு மட்டும் எப்போதும் கேட்கும். அவன் தலையை மெல்ல அசைத்தான். கெஞ்சுவதுபோலவும் இருந்தது, ஒத்துக்கொள்வதுபோலவும் இருந்தது. ஏதோ சொல்ல வாயெடுத்து, அடுக்கிய நாற்காலிகளின் மேல் கையை ஊன்றிக்கொண்டான்.

"மேடம்? இருக்கீங்களா?"

அவள் அவனைத் தாண்டி வாசலுக்கு இறங்கினாள். செருப்பு போடவில்லை. கேட்டைத் திறந்து, அதைச் சாத்தாமல், வெயில் காயும் தெருவின் நடுவுக்கே போனாள். வீட்டுக்கு முதுகைக் காட்டி நின்றாள். போனை வாய்க்கு நேரே பிடித்து, நெஞ்சு முட்ட மூச்சை இழுத்தாள்.

தூரத்தில் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போன ஒருவர், தன்னைத்தான் யாரோ கூப்பிடுகிறார்கள் என்று நினைத்து, நின்று திரும்பிப் பார்த்தார்.