வெறும் வயிற்றோடு வரவும்

மருத்துவமனையில் கொடுத்த தாளில் பதினொரு வரிகள் இருந்தன. மருமகள் அதைச் சமையலறை அலமாரிக் கதவில் ஒட்டிவைத்திருந்தாள். நகப்பூச்சு இருக்கக் கூடாது. தோடு, மோதிரம் கழற்றிவிட வேண்டும். பழைய பருத்தித் துணி ஆறு, துவைத்து வெயிலில் காயவைத்தது. உடன் ஒருவர் மட்டும் தங்கலாம். எட்டாவது வரிக்குக் கீழே நர்ஸ் பேனாவால் இரண்டு கோடு இழுத்திருந்தாள்: முதல் நாள் இரவு பத்து மணிக்குப் பிறகு எதுவும் சாப்பிடாமல், தண்ணீரும் குடிக்காமல், வெறும் வயிற்றோடு வரவும்.

குழந்தை தலை கீழே திரும்பாமல் வயிற்றுக்குள் உட்கார்ந்தபடியே இருந்தது. "ராஜாவோ ராணியோ, நாற்காலிய விட்டு இறங்க மாட்டேங்குது" என்று டாக்டரம்மா சிரித்தாள். ஆப்பரேஷன்தான் என்பது போன மாதமே முடிவாகிவிட்டது. தேதிதான் பெரும்பாடாக இருந்தது. கணவன் சரக்குக் கப்பலின் எஞ்சின் அறையில் வேலை செய்பவன். ஏறினால் எட்டு மாதம் கழித்துத்தான் தரையில் கால் வைப்பான். கப்பல் ஏஜென்டிடம் கெஞ்சிப் பயணத்தை நான்கு நாள் தள்ளிவைத்து, டாக்டரம்மாவிடம் கெஞ்சி ஆப்பரேஷனை ஒரு நாள் முன்னால் இழுத்து, எப்படியோ வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு முதல் கேஸாகச் சேர்த்துவிட்டான். அன்று மதியம் ஒரு மணிக்குத் துறைமுகத்துக்கு ரயில்.

"எட்டரைக்குப் பிள்ளைய வாங்கிடுவேன். பன்னிரண்டரை வரைக்கும் கையிலேயே வச்சிருப்பேன். நாலு மணி நேரம். அது போதும் எனக்கு" என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தான். அவன் அதைச் சொல்லும்போதெல்லாம் மருமகள் வேறு பக்கம் திரும்பிக்கொள்வாள். கண் கலங்கினால் அவன் கிண்டல் செய்வான்.

பையை அடுக்கியது மாமியார். துணிகளை மூன்று முறை துவைத்து, ஓரம் மடித்துத் தைத்து, குழந்தைக்குத் தனியாக, தாய்க்குத் தனியாக முடிச்சுப் போட்டு வைத்தாள். வேலையில் குறை சொல்ல முடியாது. ஆனால் பேச்சு கிடையாது. தையல் ஆலையில் நாள் முழுக்கச் சட்டைக் காலர் அடிக்கும் பெண்ணை மகன் தன்னைக் கேட்காமல் கட்டிக்கொண்டு வந்தான் என்பது மூன்று வருடமாகியும் அவளுக்கு ஆறவில்லை. மருமகளை அவள் "மெஷின்காரி" என்றுதான் சொல்வாள், அதுவும் மகனிடம். சாப்பாட்டுத் தட்டை மேஜையில் வைத்துவிட்டுப் போய்விடுவாள். கையில் கொடுத்ததில்லை.

அந்த வீட்டில் இன்னொன்றும் உண்டு. வெறும் வயிற்றோடு யாரும் வாசலைத் தாண்டக் கூடாது. மாமனார் ஒரு நாள் காலையில், சட்டைப் பித்தான் தைத்து வைக்காததற்காக மனைவியிடம் முகத்தைத் தூக்கிக்கொண்டு சாப்பிடாமல் கட்டட வேலைக்குப் போனவர். பத்து மணிக்குச் சாரத்திலிருந்து விழுந்து இறந்துபோனார். "வயித்துல ஒண்ணுமில்ல, தலை சுத்திருச்சு" என்று மாமியார் இன்றுவரை நம்புகிறாள். அதன் பிறகு மின்சார மீட்டர் பார்க்க வருபவன்கூட ஒரு வாய் ஏதாவது போட்டுக்கொள்ளாமல் அவளிடமிருந்து தப்பியதில்லை.

வியாழக்கிழமை காலை ஐந்தரைக்குக் கணவன் வண்டி கூட்டிவரப் போனான். மருமகள் கட்டிலில் உட்கார்ந்து தோட்டைக் கழற்றிக்கொண்டிருந்தாள். மாமியார் உள்ளே வந்தாள். கையில் ஒரு டம்ளர் பால்.

"இந்தா."

"அத்தை, எதுவும் குடிக்கக் கூடாதுன்னு போட்டிருக்காங்களே."

"சாப்பாடு கூடாதுன்னாங்க, தண்ணி கூடாதுன்னாங்க. பால எங்க எழுதியிருக்கு? நானும்தான் படிச்சேன்."

"இல்ல அத்தை, அது வந்து..."

"வயித்தக் கிழிக்கப் போறாங்க. உள்ள ஒரு பிடிமானம் வேண்டாமா? கத்தி வைக்கிறவங்க சாப்பிட்டுட்டுத்தானே வருவாங்க?" என்றவள், சற்றுத் தணிந்து, "இனிப்பு கொஞ்சம் தூக்கலாப் போட்டிருக்கேன். உனக்குப் பிடிக்கும்ல" என்றாள். டம்ளரை நீட்டியபடியே நின்றாள்.

தனக்கு எது பிடிக்கும் என்று இவளுக்குத் தெரியுமா? மருமகள் நிமிர்ந்து பார்த்தாள். தவறு என்று அவளுக்குத் தெரியும். ஆனால் மூன்று வருடம் காத்திருந்து வந்த கையைத் தள்ளிவிட அவளால் முடியவில்லை. வாங்கிக் குடித்தாள். மாமியார் தன் துணி முனையால் அவள் வாயைத் துடைத்துவிட்டாள்.

பிரசவ வார்டில் உடை மாற்றி, கையில் ஊசி குத்தி, மணிக்கட்டில் பட்டை கட்டிய பிறகு நர்ஸ் ஒரு தாளோடு வந்தாள். கட்டிலின் ஒரு பக்கம் கணவன். மறுபக்கம் பையை மடியில் வைத்துக்கொண்டு மாமியார்.

"கடைசியா எப்போம்மா சாப்பிட்டே?"

"ராத்திரி எட்டரைக்கு."

"அதுக்கப்புறம்? தண்ணி, டீ, பிஸ்கட், எதுவும் இல்லியே?"

மருமகள் மாமியாரைப் பார்த்தாள். அவள் பையின் ஜிப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். எட்டரைக்கு அவன் கையில் பிள்ளை இருக்கும்.

"சிஸ்டர், பால் குடிச்சிருந்தா ஏதாவது ஆகுமா?"

நர்ஸ் பேனாவை நிறுத்தினாள். "முதுகுலதான் ஊசி போடுவோம். ஆனா திடீர்னு முழு மயக்கம் குடுக்க வேண்டி வரலாம். அப்போ வாந்தி வந்து மூச்சுக்குழல்ல இறங்குச்சுன்னா உசுருக்கே ஆபத்து. எதுக்குக் கேக்குறே? குடிச்சியா?"

"அஞ்சரைக்கு. ஒரு டம்ளர்."

"யாரு குடுத்தா?"

மாமியார் ஜிப்பை இழுத்து மூடினாள். இந்தக் கேள்விக்கு உண்மையைச் சொன்னால், எட்டு மாதத்துக்கு அவன் தாயோடு பேச மாட்டான் என்று மருமகளுக்குத் தெரியும்.

"நானேதான். பசிச்சுது."

நர்ஸ் தலையில் அடித்துக்கொள்ளவில்லை, அவ்வளவுதான். மயக்க மருந்து டாக்டர் பத்து மணிக்கு வேறு மருத்துவமனைக்குப் போய்விடுவார். பால் குடித்து ஆறு மணி நேரமாவது ஆகாமல் தொட மாட்டார். அவசரக் கேஸும் இல்லை. கணவன் டாக்டரம்மாவின் அறைக்கு ஓடினான். பத்து நிமிடத்தில் நடந்து திரும்பினான்.

"நாளைக்கு முதல் கேஸாம்" என்றான் சுவரைப் பார்த்து. பிறகு அவள் பக்கம் திரும்பினான். "ஒரே ஒரு ராத்திரி வாயக் கட்ட முடியல உனக்கு? ஒரு மாசமா எத்தனை பேர் கால்ல விழுந்திருக்கேன், தெரியுமா?"

அவள் மணிக்கட்டுப் பட்டையைத் திருகிக்கொண்டிருந்தாள்.

"பசிச்சுதாம். மகாராணிக்குப் பசிச்சுதாம்." அவன் தாயைப் பார்த்தான். "நீயாவது கவனிச்சிருக்கக் கூடாதாம்மா?"

இப்போது சொல்வாள் என்று மருமகள் நினைத்தாள்.

"நான் பை அடுக்கிட்டிருந்தேன்டா" என்றாள் மாமியார்.

பன்னிரண்டு மணிக்கு அவன் கிளம்பினான். நர்ஸிடம் சொல்லிக்கொண்டான், எதிர்க்கட்டில் அம்மாளிடம்கூடச் சொல்லிக்கொண்டான். மனைவியின் கட்டில் அருகே நின்றவன், அவள் வயிற்றை மட்டும் ஒருமுறை பார்த்துவிட்டு நகர்ந்தான். மாமியார் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தாள். "வேண்டாம்" என்றான். "ரெண்டு வாய்டா." "வேண்டாம்மா, இறங்காது." அவள் டப்பாவோடு லிஃப்ட் வரை ஓடினாள். கதவு மூடிக்கொண்டது. திரும்பி வந்தபோது அவள் முகம் வெளுத்திருந்தது. ரயில் ஏறி எங்காவது எதையாவது சாப்பிட்டுவிட்டான் என்று மாலையில் செய்தி வரும்வரை அவள் பச்சைத் தண்ணீர்கூடத் தொடவில்லை.

மறுநாள் எட்டு இருபதுக்குப் பெண் குழந்தை பிறந்தது. வாசலில் கை நீட்டி வாங்கியது மாமியார்.

அதன் பிறகு அவள் உட்காரவே இல்லை. மருமகளின் உதட்டைப் பஞ்சால் நனைத்தாள். பக்கம் திரும்ப முதுகைத் தாங்கினாள். சிறுநீர்ப் பையைப் பார்த்துப் பார்த்து நர்ஸைக் கூப்பிட்டாள். முதல் முறை எழுப்பி நடக்கவைத்தபோது, "என்மேல சாய்ஞ்சுக்கோ, பயப்படாதே" என்றாள். தரை துடைக்க வந்த வார்டு அக்கா, "பெத்த அம்மாவா?" என்று கேட்டாள்.

"மாமியார்" என்றாள் மருமகள்.

"அட, சும்மா சொல்லாதே. என் மாமியார் நான் பெத்தப்ப, பிள்ளைக்கு யார் மூக்குன்னு சண்டை போட்டுட்டுப் போனவ, காதுகுத்துக்குத்தான் வந்தா. நீ குடுத்துவச்சவம்மா."

மாமியார் குழந்தையின் துணியை மடிப்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அந்தப் பணிவிடை ஒன்றிலும் பொய் இல்லை. இறைவன் அதை நிச்சயம் பார்த்திருப்பான். ஆனால் மருமகள் காத்திருந்தது வேறொன்றுக்கு.

அன்று மாலையில் துறைமுகத்திலிருந்து போன் வந்தது. ஒரு மணி நேரத்தில் கப்பல் ஏறவேண்டும். மாமியார் ஸ்பீக்கரில் போட்டாள். யாரைப்போல இருக்கிறது, எடை எவ்வளவு, முடி இருக்கிறதா என்று அவன் கேட்டுக்கொண்டே போனான். பிறகு, "அவ எப்படி இருக்கா?" என்றான், வேறு குரலில்.

மாமியார் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். "டேய், ஒண்ணு சொல்றேன் கேளு. அந்தப் பால நான்தான் குடுத்தேன். அவ வேண்டாம்னுதான் சொன்னா. நான் விடல. நர்ஸ் கேட்டப்ப நான் வாயத் திறக்கல. நீ கேட்டப்பவும் பொய் சொல்லிட்டேன்."

அந்தப் பக்கம் கிரேன் இரைந்தது.

"அம்மா" என்றான் மெல்ல. "உன் மனசு யாருக்கும் வராதும்மா."

"என்னடா சொல்றே?"

"பெத்துக் கிடக்கிறாளேன்னு அவ தப்ப உன் தலையில போட்டுக்கிறே. எனக்குத் தெரியாதா உன்னை? நீயா எங்கிட்டப் பொய் சொல்றவ? எனக்கு ஒண்ணும் கோபம் இல்ல. அவள மன்னிச்சிட்டேன்னு சொல்லிடு."

"இல்லடா, சத்தியமா..."

"கூப்பிடுறாங்கம்மா. பிள்ளையப் பாத்துக்க."

போன் அணைந்தது. மறுபடி அடித்தாள். மூன்று முறை அடித்தாள். இணைப்பு கிடைக்கவில்லை.

"கேட்டியா?" என்றாள்.

"கேட்டேன் அத்தை."

"அடுத்த தடவை பேசறப்ப திரும்பச் சொல்றேன்."

"சொல்லுங்க."

"நம்புவானா?"

பரவாயில்லை அத்தை என்று சொல்ல மருமகளின் வாய் வரை வந்தது. அது உண்மை இல்லை. அந்தக் கட்டிலில் படுத்து ஏற்கெனவே ஒரு பொய் சொல்லியாயிற்று.

"நம்ப மாட்டாரு" என்றாள்.

மாமியார் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள். கால்கள் வீங்கியிருந்தன. காலையிலிருந்து நிற்கும் கால்கள். மருமகள் தையல் வலிக்கப் பல்லைக் கடித்துக்கொண்டு கொஞ்சம் கொஞ்சமாகச் சுவர்ப் பக்கம் நகர்ந்தாள். கட்டிலில் ஒரு சாண் இடம் கிடைத்தது.

"உட்காருங்க" என்றாள்.

அவள் உட்கார்ந்தாள்.