இரவு வைக்க மறந்த காலண்டர்

மலையாள ஊரான கழக்கூட்டத்தில் நாலாவது மாடியில் வெளிப்பூச்சு வேலை. தலைக்கு மேலே ஒரு சூரியன். எதிரே இருந்த கண்ணாடிக் கட்டிடத்தில் இன்னொரு சூரியன். இரண்டும் சேர்ந்து எங்களை அப்பளம் மாதிரி பொரித்தன. மற்ற கொத்தனார்மார் நிழல் தேடிப் போனார்கள். நான் கதை தேடிப் போனேன். ஐம்பது வயதுக்கு மேல் எழுத்துப் படித்தவனுக்கு வருகிற வியாதி இது, மருந்து கிடையாது.

கரமனையில் எங்கள் தமிழ் மன்றத்தின் மாலை வகுப்பில்தான் அ, ஆ படித்தேன். இரண்டு சூரியன் உள்ள உலகத்தைப் பற்றிய கதையை அதே மன்றத்தின் கூட்டத்தில் வாசித்தேன். செயலாளர் அழகியநம்பி சார் கண்ணை மூடிக் கேட்டார். தூங்கிவிட்டார் என்றே நினைத்தேன்.

"சொரிமுத்து, கதை கொள்ளாம், நன்னாருக்கு," என்றார் திடீரென்று. "ஆனா அந்த ஊர்ல இன்னிக்கு என்ன தேதி? ரெண்டு சூரியன் இருந்தா நாளை எதை வச்சு எண்ணுவா? அடுத்த கூட்டத்துக்கு ஒரு காலண்டர் போட்டுண்டு வாரும்."

ஒரு மனுஷன் என் கதையில் சந்தேகம் கேட்டுவிட்டார்! அன்று நான் பஸ்ஸில் வரவில்லை, பறந்து வந்தேன்.

காலண்டர் போடத் தொடங்கினேன். பெரிய சூரியன் அண்ணன், சின்னது தம்பி. அண்ணன் நிற்கும் பொழுது முழு வேலை. தம்பி மட்டும் நின்றால் அரை வேலை. இரண்டு பேரும் சேர்ந்து நின்றால் கான்கிரீட் போடக் கூடாது, விரிசல் விழும். புதுக் கான்கிரீட் வார்ப்புக்கு எத்தனை நாள் தண்ணீர் விட்டு நனைக்கிறோமோ, அது ஒரு வாரம். அஸ்திவார மாதம், முட்டுக் கொடுக்கும் மாதம், வார்ப்பு மாதம், பூச்சு மாதம். பிரம்மா பக்கத்தில் இருந்தால் கையாளாக வைத்துக்கொண்டிருப்பேன்.

இதற்கிடையில் வீட்டில் என் பெண்டாட்டி வடிவம்மாள் சொல்லிக்கொண்டே இருந்தாள். போனக்காடு எஸ்டேட்டில் அவள் தங்கை சொர்ணத்தின் மகள் இசக்கிசெல்விக்கு ஞாயிற்றுக்கிழமை நிச்சயம். பெண்ணுக்கு அப்பா இல்லை. என் சகலை போய்ச் சேர்ந்து மூன்று வருஷம். தாம்பூலத் தட்டைப் பெரியப்பா நான்தான் கை நீட்டி வாங்க வேண்டும். முகூர்த்தச் சீட்டை நான்தான் சபையில் வாசிக்க வேண்டும்.

"ஞாயித்துக்கெழம வார்ப்பு இருக்குட்டி. எப்படி வர?" என்றேன்.

வார்ப்பு இருந்தது உண்மைதான். ஆனால் அதற்கு நான் போகப் போவதில்லை. மன்றக் கூட்டமும் அதே ஞாயிறுதான். எங்கள் வேலையில் சாவுக்கு மட்டும்தான் லீவு. கான்ட்ராக்டர் யூசுப்பிடம் லீவு வேண்டும் என்று முன்னாடியே சொல்லிவிட்டேன்.

"எந்தா அண்ணே, ஆரெங்கிலும் மரிச்சோ?"

"சகலை."

ஏற்கெனவே செத்தவர்தானே, அவருக்கு வலிக்காது என்று நினைத்தேன்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் காலண்டர் முடிந்தது. யாரிடமாவது வாசித்துக் காட்டாவிட்டால் நெஞ்சு வெடித்துவிடும். வடிவம்மாள் மரச்சீனிக் கிழங்கு வெட்டிக்கொண்டிருந்தாள். முழுக்க வாசித்தேன்.

"இதுல ராத்திரி எப்ப வரும்?" என்றாள்.

தாளைத் திருப்பிப் பார்த்தேன். அண்ணன் மறையும்போது தம்பி உதிக்கிற மாதிரி போட்டிருந்தேன். இருட்டில் பூச்சு நேராக வராதே!

"அப்பம் ஒருத்தனுக்கும் ஒறக்கம் இல்ல, லீவும் இல்ல. இந்த ஊர்ல கல்யாணம் எப்ப நடக்கும், பிள்ளைங்க எப்படிப் பெறக்கும்?"

"அதெல்லாம் ஞாயித்துக்கெழம மன்றத்துல கேப்பாங்க, நான் பதில் சொல்லிக்கிடுவேன்."

கத்தி நின்றது.

"ஞாயித்துக்கெழம உங்களுக்கு வார்ப்புல்லா?"

எங்கள் வீட்டில் அண்ணனும் தம்பியும் ஒன்றாக உதித்தார்கள். அவள் கத்தவில்லை. அதுதான் பயம். "நான் தனியாப் போறேன். தட்ட வாங்க அந்தச் செத்தவனையே எழுப்பிக் கூட்டிட்டு வாரேன்," என்றாள்.

சகலையை நான் மறுபடி சாகடித்த விஷயம் அவளுக்குத் தெரியாது. தெரியாமலே சரியான இடத்தில் போட்டாள். அழகியநம்பி சாருக்குப் போன் செய்து வர முடியாது என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை விதுரையில் பஸ் மாறி, வளைவு வளைவாக ஏறிப் போனக்காடு சேர்ந்தோம். எஸ்டேட் லயத்து வீட்டு வரிசையின் முற்றத்தில் பாய் விரித்திருந்தார்கள். மாப்பிள்ளையின் அப்பா பால்பாண்டி தட்டை நீட்டினார். வாங்கி, அதிலிருந்த முகூர்த்தச் சீட்டைச் சட்டைப் பையில் வைத்தேன். இசக்கிசெல்வி கதவுக்குப் பின்னால் நின்று என் கையையே பார்த்தாள்.

"அண்ணாச்சி, முகூர்த்தச் சீட்ட வாசியுங்க," என்றார் பால்பாண்டி.

முன்பெல்லாம் 'கண்ணாடி எடுக்கல' என்று தப்பித்துவிடுவேன். இன்று சட்டைப் பையிலிருந்து தாளை எடுத்து, தொண்டையைச் செருமி, சபைக்கே கேட்கும்படி வாசித்தேன். வாசிக்கும்போது எனக்கு எழுத்து மட்டும்தான் தெரியும். அர்த்தம் அடுத்த பஸ்ஸில்தான் வரும்.

"பூச்சு மாதம், மூன்றாம் நனைப்பு வாரம், தம்பிச் சூரியன் தனியாக நிற்கும் நாள், ஆளுக்கு அரை வேலை..."

அர்த்தம் வந்து இறங்கியது. சொர்ணம் முந்தானையால் வாயை மூடினாள். சம்பந்தம் என் வாயால் முறிந்தது என்றே நினைத்தேன்.

பால்பாண்டி நிதானமாகக் கேட்டார். "ரெண்டு சூரியன்னா வெயிலு தாங்காதே அண்ணாச்சி. பந்தல ரெண்டு அடுக்காப் போட்டிருவோமா?"

கதவுக்குப் பின்னால் இசக்கிசெல்விதான் முதலில் சிரித்தாள். பிறகு முற்றமே சிரித்தது.

"அது அவுஹ உண்டாக்குன உலகம், சம்பந்தி," என்றாள் வடிவம்மாள். "அங்க கல்யாணத்துக்கு லீவு கெடையாது." என் பைக்குள் கைவிட்டு சரியான சீட்டை எடுத்துத் தந்தாள். அதில் தை மாதம் இருந்தது. ஒரே சூரியன். நிறுத்தி நிறுத்தி வாசித்து முடித்தேன்.

திரும்பும் பஸ்ஸில் அவள் என் தோளில் சாய்ந்து தூங்கினாள். வலிக்கிற தோள்தான், அசைக்கவில்லை. மற்ற கையால் தாளில் எழுதினேன்: 'வாரக் கடைசியில் அண்ணனும் தம்பியும் சேர்ந்து மறைவார்கள். அன்று ஒருவரும் வேலைக்குப் போகக் கூடாது.' பஸ் குலுங்கியதில் எழுத்து கோணிவிட்டது. அந்த உலகத்தில் சட்டம் அப்படித்தான் இருக்கும்.

திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். வெற்றிலைச் சிவப்பு இன்னும் வாயில் இருந்தது. யூசுப் அருகில் வந்து, துக்கம் விசாரிக்கிற மாதிரி குரலைத் தாழ்த்திக் கேட்டார், "காரியங்கள் ஒக்கே பங்கியா நடந்தோ அண்ணே?"

"நல்லா நடந்துச்சு," என்றேன். "மாப்பிள்ளை தங்கமான பையன்."